பொன்னாடைக்கு முன் நாற்பது விநாடி

மெலனி ஜூலியஸின் ட்ரம்பெற்றைக் கேட்டு ஒஸ்லோவில் எழுந்து நின்று கைதட்டியிருக்கிறார்கள். பேர்ளினில் ஒரு பத்திரிகைக்காரர் அவளைப் பற்றி முழுப் பக்கம் எழுதினார். அதில் பாதி ஒருவருக்கும் விளங்கவில்லை, மெலனிக்கும்தான். ரொறொன்ரோவில் புது மாதிரி ஜாஸ் என்று யாராவது பேச்செடுத்தால் அவள் பெயர் வராமல் போகாது. ஆனால் தன் சனத்துக்கு முன்னால், தமிழர் நிறைந்த ஒரு மண்டபத்தில், ஒரு பாட்டைத் தொடக்கத்திலிருந்து முடிவுவரை அவள் வாசித்ததில்லை. நாற்பத்தேழு வயதாகியும் இல்லை. இந்தக் குறை அவளை உள்ளுக்குள் அரித்துக்கொண்டே இருந்தது. யாராவது கேட்டால் "அதுக்கென்ன" என்று சொல்லிவிட்டுப் பேச்சை மாற்றிவிடுவாள்.

எல்லாவற்றுக்கும் காரணம் ஒரு பொன்னாடை. அதற்கு முன் அவள் எங்கே ஊதப் பழகினாள் என்பதைச் சொல்லவேண்டும்.

ஒன்பது வயதில் மன்னாரிலிருந்து வந்தவள். குடும்பம் ரொறொன்ரோவின் மல்வேர்னில், சுவரோடு சுவர் ஒட்டிய ஒரு ரவுன்ஹவுஸில் இருந்தது. ஏழாம் வகுப்பில் இசை ஆசிரியை வாத்தியங்களைச் சீட்டுக் குலுக்கிக் கொடுத்தார். மெலனி ஆசைப்பட்டது புல்லாங்குழலுக்கு. விழுந்தது விளிம்பு நசுங்கிய ஒரு ட்ரம்பெற். அழுதுகொண்டுதான் அதை வீட்டுக்குத் தூக்கி வந்தாள்.

வீட்டில் அதைவிடப் பெரிய சிக்கல். தகப்பன் ஜூலியஸ் இரவு முழுவதும் பாண் சுடும் தொழிற்சாலையில் நின்றுவிட்டுக் காலையில் வந்து படுப்பவர். மெலனி பள்ளிக்கூடம் விட்டு வரும் மூன்றரை மணி அவருக்கு நல்ல நித்திரை நேரம். தாய் கிளடிஸ் வேலைக்குப் போகும்போது ஒரே ஒரு கட்டளைதான் இட்டுப் போவார்: அப்பாவை எழுப்பக் கூடாது. ட்ரம்பெற் என்பது ஊரையே எழுப்புவதற்கென்று செய்த சாமான். மெலனி என்ன செய்தாள்? குளிர்கோட்டுகள் தொங்கும் குளோசெற்றுக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். தகப்பனின் தடித்த கோட்டுக்குள் ட்ரம்பெற்றின் வாயைப் புதைத்து, சத்தமில்லாத வெறும் மூச்சை ஊதினாள். பொத்தான்களைத் தட்டிப் பார்த்தாள். அரைச் சுரம், கால் சுரம், எச்சில் கொதிக்கிற ஒலி, இவையெல்லாம் அவளுக்கு அந்த இருட்டில் கிடைத்தவை. சுவருக்கு அப்பால் தகப்பனின் குறட்டை நின்றால் அவளும் நின்றுவிடுவாள். ட்ரம்பெற்றை உதட்டிலிருந்து எடுக்கமாட்டாள். அப்படியே மூச்சைப் பிடித்துக்கொண்டு காத்திருப்பாள். குறட்டை திரும்பவும் கிளம்பியதும் விட்ட இடத்திலிருந்து தொடர்வாள்.

பின்னாளில் பேர்ளின் பத்திரிகைக்காரர் அந்த முழுப் பக்கத்திலும் வியந்தது இந்தக் குளோசெற் வித்தையைத்தான். அது ஒரு பாண் தொழிலாளியின் நித்திரையைக் காப்பாற்றப் பிறந்தது என்று அவருக்கு யாரும் சொல்லவில்லை.

பத்தொன்பது வயதில் மெலனி தன் முதல் பாட்டை அமைத்தாள். 'பகல் நித்திரை' என்று பெயர் வைத்தாள். பதின்மூன்று நிமிடம். நடுவில் நாற்பது விநாடி முழு மௌனம், குறட்டை நின்ற நேரத்துக்காக. அதை மல்வேர்ன் தமிழ் மன்றத்தின் கலைமாலையில் வாசிக்கப் போனாள். அன்று முப்பத்தொரு நிகழ்ச்சி. அறிவிப்பாளர் ஸ்ரீஸ்கந்தராசா. வெண்கலக் குரல் அவருக்கு. ஒரு திருமண வரவேற்பும் அவர் இல்லாமல் நடக்காத காலம் அது. மெலனி மௌனத்துக்கு வந்து சேர்ந்து ஐந்து விநாடி ஆகியிருக்காது. பின்வரிசையில் யாரோ கைதட்ட, மண்டபமே தட்டியது. ஸ்ரீஸ்கந்தராசா மைக்கோடு பாய்ந்து வந்து, "எங்கள் இளம் இசைக்குயில்" என்று முழங்கி, அவள் தோளில் பொன்னாடையைப் போர்த்தினார். கையோடு, வாசலை மறித்து நிற்கும் வெள்ளைக் காரின் சொந்தக்காரரையும் அழைத்தார். மெலனி இறங்கிப் போய்க் கழிவறையில் நின்று விம்மினாள். அந்தப் பக்கமே இனி வருவதில்லை என்று அன்று எடுத்த முடிவு இருபத்தெட்டு வருடம் நின்றது.

இதில் வயிற்றெரிச்சல் என்னவென்றால், அந்தக் கணத்தை ஜூலியஸ் படம் பிடித்துவிட்டார். மகளுக்குக் கிடைத்த முதல் கௌரவம் அல்லவா! சட்டம் போட்டு வீட்டு வரவேற்பறையில் மாட்டினார். தாய் காலமாகி, தகப்பனும் மகளும் பக்கத்து நகரமான அஜக்ஸுக்கு வீடு மாறியபோதும் அந்தப் படம் முதல் பெட்டியில் வந்தது. தன் வாழ்க்கையின் மிகக் கேவலமான நிமிடத்தைத் தினமும் பார்த்தபடிதான் மெலனி தேநீர் குடித்தாள். தகப்பன் முகத்தில் இருந்த பெருமையைப் பார்த்தால் உண்மையைச் சொல்ல மனம் வராது.

இடையில் அவள் சும்மா இருக்கவில்லை. பல்கலைக்கழகத்தில் அவளுடைய ட்ரம்பெற்றை 'பழுதான குழாய்' என்று நக்கலடித்தவர்கள், பத்து வருடம் கழித்து அவளோடு மேடையேறக் காத்திருந்தார்கள். நகரத்துக் கீழ்த்தள அரங்குகளில் பன்னிரண்டு பேருக்கு வாசித்தாள். பிறகு பன்னிரண்டு நாடுகளில் வாசித்தாள். பகலில் உயர்பள்ளியில் இசை ஆசிரியை. சனிக்கிழமைகளில் அதே பள்ளியின் சாப்பாட்டு மண்டபத்தில் பெரியவர்களுக்கு ஒரு வகுப்பு. பஸ் ஓட்டுகிற வாகீசன் ஐம்பது வயதில் அங்கே வந்து முதல்முறை ட்ரம்பெற்றைத் தொட்டார். "எனக்கு மியூசிக் ஒண்டும் தெரியாது, ரீச்சர்" என்றார். முதியோர் இல்லத்தில் வேலை செய்கிற அன்ரனெற் ஷிப்ற் முடிந்து அதே சீருடையோடு வருவாள். மெலனி அவர்களுக்கு முதலில் சொல்லிக்கொடுப்பது சுரத்தை அல்ல. எப்படித் தொடங்குவது, எப்படி முடிப்பது, முடிந்தது என்று மற்றவனுக்கு எப்படிக் காட்டுவது, இவ்வளவையும்தான் முதல் மாதம் முழுவதும் பழக்குவாள்.

போன மாசியில் ஒரு ஞாயிறு மத்தியானம் ஸ்ரீஸ்கந்தராசா அஜக்ஸ் வீட்டுக் கதவைத் தட்டினார். அழைப்பிதழை வாட்ஸ்அப்பில் அனுப்புவது அழைப்பே இல்லை என்று நினைக்கிற மனிதர். வயது எழுபத்தாறு, குரலுக்கு மட்டும் வயது ஏறவில்லை. மன்றத்துக்கு நாற்பதாவது ஆண்டாம். மெலனி வாசிக்க வேண்டுமாம்.

"எவ்வளவு நேரம் தருவீங்கள், அங்கிள்?" மெலனி எடுத்த எடுப்பில் கேட்டாள்.

"அஞ்சு நிமிசம். உமக்காக ஆறு."

"எனக்குப் பதின்மூண்டு வேணும்."

"பதின்மூண்டோ! பிள்ளை, எம்.பிக்கே மூண்டுதான் குடுத்திருக்கிறம்." சொல்லிக்கொண்டே தேநீரை எடுத்தவரின் கண் சுவரில் பட்டது. முகம் மலர்ந்துவிட்டது. "ஜூலியஸ் அண்ணை, உதை இன்னும் வைச்சிருக்கிறியளே! உந்தப் பொன்னாடை நான் என்ர கையால போர்த்தினது."

மெலனிக்குச் சுர்ரென்று ஏறியது. "அங்கிள், அது முடியேல்லை."

"எது?"

"பாட்டு. நீங்கள் வந்து போர்த்தேக்க பாட்டு நடந்துகொண்டிருந்தது. பாதியில நிண்டுபோச்சு. இண்டைக்கு வரைக்கும் நிக்குது."

அவர் கோப்பையைக் கீழே வைத்தார். பிறகு மெல்லக் கேட்டார்: "நீர் ஊதாமல் நிண்டனீர் எல்லே, பிள்ளை? சனமும் தட்டினது. முடிஞ்சுதா இல்லையா எண்டு எனக்கு எப்பிடித் தெரியும்?"

மெலனி படத்தை நிமிர்ந்து பார்த்தாள். முடிந்ததைக் காட்டுவது பஸ் ஓட்டுநருக்கு முதல் மாதமே சொல்லிக்கொடுக்கிற விஷயம். தன் சனத்துக்கு அவள் அதை ஒருநாளும் சொன்னதில்லை. இருபத்தெட்டு வருடம் இந்த மனிதரைத் திட்டிக்கொண்டிருந்தாளே தவிர, இந்தக் கேள்வியை ஒருதரம்கூடத் தன்னிடம் கேட்டதில்லை. வெட்கமாக இருந்தது.

ஜூலியஸ் எழுந்து, கண்ணாடியை மாட்டிக்கொண்டு படத்துக்குக் கிட்டப் போனார். "ட்ரம்பெற் இன்னும் வாயிலதான் இருக்கு," என்றார். "இவ்வளவு காலமும் பொன்னாடையைத்தான் பாத்தனான். ஏன் பிள்ளை அப்பிடியே நிண்டனீ?"

மெலனி சொன்னாள். குளோசெற், கோட்டு, குறட்டை, காத்திருப்பு, எல்லாவற்றையும் சொன்னாள். ஜூலியஸ் கதிரையில் வந்து இருந்தார். "என்ர நித்திரைக்காகவே?" என்று மட்டும் கேட்டார். கண் நிறைந்துவிட்டது. மகளின் கையைப் பிடித்தவர் விடவே இல்லை.

ஸ்ரீஸ்கந்தராசா தொண்டையைச் செருமினார். "சரி. பதின்மூண்டு நிமிசம். ட்ரம்பெற் வாயில இருக்கும்வரை பாட்டு முடியேல்லை, அதைச் சனத்துக்கு நான் சொல்லுறன். நான் மேடை ஓரத்தில பொன்னாடையோட நிப்பன். நீர் ட்ரம்பெற்றைக் கீழ இறக்கும்வரை ஒரு அடி அசையமாட்டன். இது என்ர வாக்கு."

"மைக்?"

"அதுவும் என்ர கையிலதான். வேற ஆரிட்டையும் குடுத்தா ஆபத்து."

விழா வைகாசியில், ஸ்காபரோவில் ஒரு விருந்து மண்டபத்தில் நடந்தது. ஐந்நூறு பேர். பின்னால் கொத்துரொட்டி வாசம். பொன்னாடைகளோடு கடைசி நேரத்தில் ஓடிவந்த ஸ்ரீஸ்கந்தராசா, நிகழ்ச்சி தொடங்கியதிலிருந்து மூன்று தடவை அறிவித்துவிட்டார்: தீயணைப்பு வண்டிப் பாதையில் வாகனம் நிறுத்தாதீர்கள், இழுத்துக்கொண்டு போய்விடுவார்கள். பதினெட்டாவது நிகழ்ச்சியாக மெலனியை அழைத்தார். "ட்ரம்பெற் வாயில இருக்கும்வரை கைதட்டக் கூடாது. தட்டினால் சாப்பாடு பிந்தும்," என்றார். சனம் சிரித்தது. ஆனால் கேட்டுக்கொண்டது.

மெலனி தொடங்கினாள். வாகீசனும் அன்ரனெற்றும் இன்னும் நான்கு சனிக்கிழமைக்காரரும் பின்னால் நின்று மூச்சை மட்டும் ஊதினார்கள். முதல் இரண்டு நிமிடம் ஆட்கள் ஒருவரை ஒருவர் பார்த்தார்கள். "உது என்ன, பைப் உடைஞ்ச சத்தம்" என்று ஒரு குரல் கேட்டது. மூன்றாவது நிமிடம் கைபேசிகள் கீழே போயின. அந்த மூச்சுக்குள் ஏதோ இருந்தது. வேலைக்குப் போய் வந்து பகலில் படுத்தவர்கள் அந்த மண்டபத்தில் எத்தனை பேர்! பக்கத்து அறையில் பிள்ளைகள் கால் நுனியில் நடந்த வீடுகள் எத்தனை! அவர்களுக்கு யாரும் விளக்கவேண்டி இருக்கவில்லை.

ஏழாவது நிமிடம் மௌனம் வந்தது.

பின்வரிசையில் ஒருவர் பழக்கதோஷத்தில் கையைத் தூக்கினார். மனைவி எட்டிப் பிடித்துவிட்டார். அதே நேரம் மன்றப் பொருளாளர் நிலாணி மேடை ஓரமாகக் குனிந்து வந்து, ஸ்ரீஸ்கந்தராசாவிடம் ஒரு காகிதத் துண்டைக் கொடுத்தாள். மெலனி கடைக்கண்ணால் கண்டாள். அந்தத் துண்டை அவள் அறிவாள். வழியை மறித்த காரை எடுக்கச் சொல்லி எல்லாத் தமிழ் மண்டபத்திலும் வருகிற கார்த் துண்டு. அவர் அதை வாசித்தார். முகம் மாறியது. மைக் நெஞ்சளவுக்கு உயர்ந்தது.

பத்து விநாடி. பதினைந்து. மண்டபம் முழுவதும் அவரையே பார்த்தது. மெலனி ட்ரம்பெற்றை எடுக்கவில்லை. சின்ன வயதில் நின்ற மாதிரியே மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றாள். கடவுளே, இந்த ஒரு தடவை மட்டும்.

ஸ்ரீஸ்கந்தராசா துண்டை மடித்துச் சட்டைப்பையில் வைத்தார். மைக்கை இறக்கினார். நிலாணி வாசலைக் காட்டிக் காட்டிச் சைகை செய்ய, தலையை மட்டும் இல்லை என்று ஆட்டினார். கையைக் கால்சட்டைப் பைக்குள்கூட விடவில்லை.

நாற்பது விநாடியும் முழுதாக நின்றது. முன்வரிசையில் ஜூலியஸ் கண் கொட்டாமல் விழித்திருந்தார். எந்த விழாவிலும் மூன்றாவது பேச்சோடு உறங்கிவிடுகிற மனிதர்.

பிறகு மெலனி ஊதினாள். கோட்டுக்குள் புதைக்காமல், சுவருக்குப் பயப்படாமல், நெஞ்சில் இருந்த மூச்சு அத்தனையும் கொடுத்து ஊதினாள். பெரிய, வெளிச்சமான சத்தம். கூரைத் தகடு அதிர்ந்தது. சனிக்கிழமைக்காரர் ஆறு பேரும் சேர்ந்துகொண்டார்கள். ஆறு நிமிடம் அப்படியே போனது. கடைசியில் வாகீசன் ஒரே ஒரு சுரத்தை நீட்டிப் பிடிக்க, மெலனி அதற்குமேலான ஒரு சுரத்தில் ஏறி நின்று, மெல்ல ட்ரம்பெற்றைக் கீழே இறக்கினாள்.

ஐந்நூறு பேரும் எழுந்துவிட்டார்கள். விசிலடித்தார்கள். ஸ்ரீஸ்கந்தராசா மைக்கை உயர்த்திக் காத்திருந்தார். சத்தம் அடங்க ஒரு நிமிடத்துக்கு மேல் எடுத்தது.

"ஒரு சிறிய அறிவித்தல்," என்றார். சட்டைப்பையிலிருந்து துண்டை எடுத்து விரித்தார். "சி கே பி எம் நாலு ஒண்டு ஏழு என்ற இலக்கமுடைய நீல நிற வான் தீயணைப்புப் பாதையில் நிற்கிறது. இழுத்துச் செல்ல டோ ட்ரக் வந்துவிட்டது. சொந்தக்காரர் உடனடியாக வந்து எடுக்கவும்." நிறுத்தினார். மண்டபத்தை ஒருதரம் சுற்றிப் பார்த்தார். "இது எனக்கு ஏழாவது நிமிசம் கிடைச்சது. வான் என்ர வான். திறப்புக்கொத்து பொக்கற்றில கிலுங்கும் எண்டு தொடவும் இல்லை. இப்ப அது அங்க இல்லை."

மண்டபம் இடிந்து விழும்போல் சிரித்தது. தட்டிய கை ஓயவில்லை. மெலனி மேடையிலேயே குனிந்து, வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள்; சிரிப்போடு கண்ணீரும் வந்தது. ஸ்ரீஸ்கந்தராசா ஒவ்வொரு அடியாக நடந்து வந்தார். "இப்ப முடிஞ்சுது எல்லே, பிள்ளை?" என்று மைக் இல்லாமல் கேட்டார்.

"ஓம், அங்கிள். முடிஞ்சுது."

அவர் பொன்னாடையைப் போர்த்தினார். ஜூலியஸ் முன்வரிசையில் எழுந்து நின்று, அவசர அவசரமாகப் படம் பிடித்தார்.

அந்தப் படம் இப்போது அஜக்ஸ் வீட்டுச் சுவரில், பழைய படத்துக்குப் பக்கத்தில் தொங்குகிறது. பழையதைக் கழற்றவேண்டாம் என்று சொன்னவள் மெலனிதான். புதிய படம் கொஞ்சம் ஆடிப்போயிருக்கிறது. ஆனால் மெலனியின் ட்ரம்பெற் கீழே இறங்கி, அவளுடைய முழங்காலுக்குப் பக்கத்தில் இருப்பது தெளிவாகத் தெரிகிறது.