நான் எறிந்த மண்கட்டி

எனக்கு மூக்குக்கு மேல் கோபம் வரும். டீச்சர் வேலையில் தலை நரைத்தும் அது போகவில்லை. அக்கா எனக்கு நேர்மாறு. அப்பா அம்மா போன பிறகு என்னை வளர்த்தவள் அவள்தான். கல்யாணமான நாலாவது வருஷம் புருஷனைப் பாம்புக்குக் கொடுத்துவிட்டுக் கைக்குழந்தையோடு திரும்பி வந்தாள். நாள் முழுக்க நடவு நட்டு என்னைப் பதினோராம் வகுப்பு வரை படிக்கவைத்தாள். எங்கள் தெருவில் அதுவரை யாரும் அவ்வளவு படித்ததில்லை.

நாகப்பட்டினத்துக்கு மேற்கே, வயல்களுக்கு நடுவே மேடாகக் கிடக்கும் தெரு எங்களுடையது. எல்லோரும் மிராசுதார் பண்ணையில் கூலிக்கு உழைத்தவர்கள். நில உச்சவரம்புச் சட்டம் வந்திருந்த காலம். சட்டம் சென்னையில் இருந்தது, நிலம் மிராசுதாரிடம் இருந்தது. மாடு மேய்க்கிறவன், சமையல்காரன், செத்துப்போன பெரியம்மா என்று யார் யார் பேரிலோ எழுதி வைத்திருந்தார் மனுஷன். கூலி கேட்டவர்களைக் குடிசையோடு கொளுத்திய ஊர் எங்களுக்கு ரொம்பத் தூரமில்லை. ஆண்கள் அரிவாளைத் தீட்டிக்கொண்டிருந்தார்கள். ஒருத்தனையாவது வெட்டிவிட்டுப் போக வேண்டும் என்கிற பேச்சுதான் எங்கு பார்த்தாலும்.

அப்போதுதான் வேதாரண்யம் பக்கமிருந்து ஒரு கதர்க்காரர் நடந்தே வந்தார். இளவயதில் உப்புக் காய்ச்சி ஜெயிலுக்குப் போனவராம். கை ஓங்காமல், பட்டினி கிடந்தும் உட்கார்ந்தும் நிலத்தைக் கேட்கலாம் என்றார். "பட்டினி கெடந்தா நெலத்தக் குடுத்துருவாராக்கும்! நாங்க தெனமுந்தான் பட்டினி கெடக்குறோம், குடுத்தாரா?" என்று ஆண்கள் கேலி பண்ணினார்கள். பெண்கள் சிரிக்கவில்லை. வெட்டுக்குத்து என்று வந்தால் முதலில் எரிவது தாங்களும் பிள்ளைகளும்தான் என்பது அவர்களுக்குத் தெரியும்.

மாரியம்மன் கோயில் வாசலில் பெண்கள் கூடிச் சத்தியம் பண்ணினார்கள். கை ஓங்க மாட்டோம், பொய் சொல்ல மாட்டோம். நிலம் வந்தால் பெண்கள் பேருக்கு, வீட்டுக்கு மூன்று மா, அதாவது ஒரு ஏக்கர். பட்டியலில் அக்காவின் பேரும் இருந்தது. கை ஓங்கினவள் பேரைப் பட்டியலிலிருந்து எடுத்துவிட வேண்டும் என்று சொன்னதே அவள்தான். "ஒருத்தி ஓங்குனா போதும், போலீசுக்கு அது ஆயிரம் பேரு ஓங்குன மாதிரி" என்றாள்.

மிராசுதார் வெளியூர் ஆட்களைக் கொண்டுவந்து அந்தப் பினாமி நிலத்தை நடவு செய்யப் போவதாகச் சேதி வந்தது. உழுத சேற்றில் இறங்கி வரிசையாக உட்கார்ந்துவிடுவது என்று முடிவானது. ஆளுக்கொரு நாற்றுக் கட்டை, எங்கள் பேச்சில் நாற்றுமுடியை, இரண்டு கையாலும் பிடித்துக்கொள்ள வேண்டும். அந்த யோசனை எதிர்வீட்டு அண்ணியுடையது. "கையி சும்மா இருந்தாத்தானே ஓங்கும்?" என்றார். நாற்றங்காலில் பிறந்து வளர்ந்தவர்களுக்குத்தான் இப்படியெல்லாம் தோன்றும்.

எனக்கு டீச்சர் டிரெயினிங் கிடைத்த கடிதம் முதல் நாள்தான் வந்திருந்தது. அக்கா என்னை வரவே கூடாது என்றாள். நான் கேட்கிற ஆளா? காலையிலேயே போய் வரப்பை ஒட்டி, அவள் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டேன். அண்ணியும் மற்றவர்களும் எங்களுக்குப் பின்வரிசையில் இருந்தார்கள். மிராசுதாரின் பண்ணையைப் பார்த்துக்கொள்ளும் காரியக்காரர் ஆட்களோடு வந்தார். எழுந்திருக்கச் சொன்னார், யாரும் எழுந்திருக்கவில்லை. சேற்றில் இறங்கி வந்து அக்காவின் கொண்டையைப் பிடித்து இழுத்தார். "தாலியறுத்த முண்டைக்கு நெலம் கேக்குதா?" என்றார். அக்கா நாற்றுமுடியை விடவே இல்லை. நான் விட்டேன். வரப்பிலிருந்து காய்ந்த மண்கட்டி ஒன்றை எடுத்து எறிந்தேன். அவர் நெற்றி பிளந்து ரத்தம் கொட்டியது. எனக்கு அந்த நிமிஷம் அவ்வளவு சந்தோஷமாக இருந்தது, அதை மறைத்துப் பிரயோசனமில்லை.

ரோட்டில் நின்ற போலீஸ் இதற்குத்தான் காத்திருந்தது போல ஓடி வந்தது. "எவடி எறிஞ்சது?" என்று கத்தினார் இன்ஸ்பெக்டர். அக்கா தன் கையிலிருந்த நாற்றுமுடியைச் சேற்றில் போட்டாள். என்னுடையதை எடுத்து என் கையில் திணித்தாள். எழுந்து நின்றாள்.

"நாந்தாங்க எறிஞ்சேன். இது பள்ளிக்கூடத்துப் புள்ளைங்க. எனக்குக் கஞ்சி கொண்டாந்துச்சு."

ஒரே மூச்சில் இரண்டு பொய். அதுவரை அவள் பொய் சொல்லி நான் கேட்டதில்லை. கேஸ் விழுந்தால் என் படிப்பு போயிற்று என்று அவளுக்குத் தெரியும். நான் வாயைத் திறந்தேன். "வூட்டுக்குப் போ. பாப்பாவப் பாத்துக்க" என்றாள். நானும் போனேன். அடிக்கிறதுக்கு என் கை அத்தனை வேகமாகப் போயிற்று, உண்மையைச் சொல்ல வாய் வரவில்லை, பாருங்கள்! இன்றைக்கும் என்னை நானே காறித் துப்பிக்கொள்வது அதற்காகத்தான்.

மற்றவர்களைச் சில நாளில் விட்டுவிட்டார்கள். அக்காவுக்கு அடிதடிக் கேஸ், மாதக்கணக்கில் உள்ளே இருந்தாள். குழந்தையை அண்ணியிடம் விட்டுவிட்டு நான் தஞ்சாவூருக்குப் படிக்கப் போனேன். படிப்பு முடியட்டும், சொல்லிவிடலாம் என்று நினைத்தேன். வேலை கிடைக்கட்டும் என்று நினைத்தேன். கல்யாணம் ஆகட்டும் என்றும் நினைத்தேன்.

பெண்கள் விடவில்லை. உட்கார்ந்து உட்கார்ந்தே, சில வருஷத்தில் நிலத்தை வாங்கிவிட்டார்கள். ஒரு அரிவாள் கூட எழும்பவில்லை. கூலிக்காரிகளாக இருந்தவர்கள் தங்கள் பேரில் பட்டா வைத்திருந்தார்கள். அக்காவின் பேர் மட்டும் இல்லை. அவர்களுடைய நிலங்களிலேயே அக்கா கூலிக்கு நட்டாள். வெள்ளிக்கிழமைகளில் ஒருவேளைச் சோறு சாப்பிட மாட்டாள். மண்கட்டிக்குப் பிராயச்சித்தம் என்று தெரு நினைத்துக்கொண்டதாக நான் நினைத்தேன். அது பொய்க்கான பட்டினி என்பது எனக்குத் தெரியும்.

ஒரு தடவை கேட்டேன். "நான் போயி எல்லார்கிட்டயும் சொல்லிரட்டுமாக்கா?"

"அத என்னக் கேட்டுத்தான் செய்யணுமாடி?" என்று சொல்லிவிட்டு அரிசி களையப் போய்விட்டாள்.

வேண்டாம் என்கிறாள் என்று எடுத்துக்கொண்டேன். எனக்கு எது வசதியோ அதுதானே என் காதில் விழும். வருஷா வருஷம் அக்டோபர் இரண்டாம் தேதி பள்ளிக்கூடத்தில் அகிம்சையைப் பற்றிப் பேசுவது நான்தான். நன்றாகப் பேசுவேன், கைதட்டுவார்கள்.

அக்கா சர்க்கரை முற்றி, கால் புண் ஆறாமலே செத்துப்போனாள். பதினாறாம் நாள் காரியம் முடிந்து, மதியம் பந்தியில் தெருவே உட்கார்ந்திருந்தது. இலையை விட்டு எழுந்து நின்று சொல்லிவிட்டேன். "காரியக்காரர் மேல மண்கட்டிய எறிஞ்சது நான்தான். அக்கா இல்ல."

ஒருத்தரும் ஆச்சரியப்படவில்லை. சிலர் சாப்பிடுவதைக்கூட நிறுத்தவில்லை. எதிர்வீட்டு அண்ணிக்குக் கண் மங்கிவிட்டிருந்தது. குரல் வந்த பக்கம் முகத்தைத் திருப்பினார்.

"தெரியும் புள்ள. பின்னாடிதானே ஒக்காந்திருந்தோம். ஒங் கை போனத எல்லாருந்தான் பாத்தோம்."

"அப்ப ஏன் அண்ணி யாருமே சொல்லல?"

"சொல்லத்தான் கெளம்புனோம். ஒங்கக்கா விடல. நீங்க சொன்னா, எந் தங்கச்சியக் கொண்டயப் புடிச்சு இழுத்தாந்து நிறுத்துற மாதிரிதான்னா. அவளா வரட்டும், வருவான்னா." அண்ணி கொஞ்சம் தண்ணீர் குடித்தார். "ஒங்கக்கா பங்கு மூணு மாவ யாரு பேருக்கும் எழுத வுடல நாங்க. நீ வந்து ஒரு வார்த்த சொன்னா, அன்னைக்கே அவ பேர எழுதிரலாம்னு வச்சிருந்தோம். மூணு வருசம் வச்சிருந்தோம் புள்ள. பேரு குடுக்குறீங்களா, இல்ல நெலத்தத் திருப்பி எடுத்துக்கவான்னு ஆபீசுல கேட்டுட்டாங்க. அப்பறந்தான் வேற பேருக்குப் போச்சு."

அந்த மூன்று வருஷமும் நான் பொங்கலுக்கு வந்தேன். தீபாவளிக்கு வந்தேன். அக்கா எண்ணெய் தேய்த்துவிட்டாள், தின்றேன், பஸ் ஏறிப் போனேன். ஒவ்வொரு தடவையும் இந்தத் தெரு முழுக்க என் வாயைப் பார்த்துக்கொண்டு நின்றிருக்கிறது. அக்காவும்தான்.

நான் தரையில் உட்கார்ந்து தலையில் அடித்துக்கொண்டு அழுதேன். அண்ணி தடவித் தடவி என் கையைப் பிடித்து நிறுத்தினார். "சாப்புடு புள்ள, சோறு ஆறுது பாரு" என்றார். யாரோ என் இலையில் ரசம் ஊற்றினார்கள். யாரும் ஒரு வார்த்தை திட்டவில்லை. அத்தனை பேரில் ஒருத்தியாவது என்னை அடித்திருக்கலாம்.