அறுபத்திரண்டாம் பக்கத்துத் தீவுகள்

அச்சகத்தில் அவரை யாரும் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. 'ஒற்றக்கா' என்பார்கள். விட்டுப்போன ஒற்றெழுத்து, க், ச், த், ப் எதுவானாலும், எந்த மூலையில் ஒளிந்திருந்தாலும் சிவப்புப் பேனாவால் இழுத்துவந்து உட்கார வைத்துவிடுவார் என்பதால் ஒட்டிக்கொண்ட பெயர். அரசுப் பாடநூல் அச்சகத்தில் இருபத்திரண்டு வருடமாக மெய்ப்புத் திருத்தும் வேலை. கடைக்குப் போனால் கடைப் பலகையில் பிழை, மருந்து வாங்கினால் மருந்துச் சீட்டில் பிழை என்று கண் போய்க்கொண்டே இருக்கும்.

"உங்கம்மாவுக்கு எவனாவது லெட்டர் எழுதியிருந்தா, திருத்தித் திருப்பி அனுப்பியிருப்பா" என்று கணவர் மகளிடம் கேலி செய்வார்.

"நீங்க எழுதினதைத் திருத்தித்தானே பீரோல வச்சிருக்கேன்" என்பார் ஒற்றக்கா.

கடலுக்கு அந்தப்புறம் இருந்த பெரிய நாட்டை ஊரில் எல்லோரும் 'பெரிய வீடு' என்றே சொன்னார்கள். துறைமுகத்தை முப்பது வருடக் குத்தகைக்கு எடுத்தது பெரிய வீடு. மேம்பாலத்தைக் கட்டியது பெரிய வீடு. டிவியில் சாயங்காலம் ஆறு மணிக்கு ஓடும் தொடர் பெரிய வீட்டுத் தொடர். அதன் முகப்புப் பாட்டைப் பொருள் தெரியாமலே முணுமுணுத்தபடி ஒற்றக்கா துணி மடிப்பார். அச்சகத்துக்குப் புது எந்திரங்களும் நான்கு வருடத்துக்கான காகிதமும் இனாமாக வந்ததும் அங்கிருந்துதான். "அவங்க பெரிய வீடுன்னா, அப்ப நாம சின்ன வீடா?" என்று காகிதக் கிடங்குக்காரர் ஒருமுறை கேட்டார். எல்லோரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். பிறகு, யார் யார் சிரித்தார்கள் என்று சுற்றுமுற்றும் பார்த்துக்கொண்டார்கள்.

ஒற்றக்காவுக்குச் சிரிப்பு வரவில்லை. அவருடைய கணவர் துறைமுகத்தில் கிரேன் ஓட்டுகிறவர். வருடத்துக்கு ஒருமுறை வேலையைப் புதுப்பித்துத் தருவார்கள், தராமலும் போகலாம். மகள் கல்லூரியில் கடைசி வருடம். பெரிய வீட்டில் மேல்படிப்புப் படிக்க உதவித்தொகைக்கு எழுதிப்போட்டிருந்தாள். அந்த நாட்டு மொழியை ராப்பகலாகப் படித்து, தும்மினால்கூட அந்த மொழியில் தும்முவாள் போலிருந்தது.

அந்த வருடம் ஆறாம் வகுப்பு சமூக அறிவியல் புத்தகம் மெய்ப்புக்கு வந்தது. அறுபத்திரண்டாம் பக்கத்தில் நாட்டின் வரைபடம். கடலில் மூன்று தீவுகள். ஆள் குடியில்லாத தீவுகள்தான். மீன் பிடிக்கப் போகிறவர்கள் வலை உலர்த்துவார்கள், அங்கிருக்கும் ஒரே கிணற்றில் தண்ணீர் எடுப்பார்கள். நாட்டின் எல்லையைக் காட்டும் புள்ளிக்கோடு எப்போதும் அந்த மூன்றையும் சுற்றி வளைத்துப் போகும். இந்த முறை அவற்றை வெளியே விட்டுவிட்டுக் கரையோரமாகவே போயிருந்தது.

கணினியில் படம் போடுகிறவருக்குக் கை நழுவியிருக்கும் என்று நினைத்தார் ஒற்றக்கா. சிவப்புப் பேனாவால் சரியான கோட்டை இழுத்து, ஓரத்தில் 'மூலப்பிரதியைப் பார்க்கவும்' என்று எழுதி அனுப்பினார். மூன்றாம் நாள் இரண்டாவது மெய்ப்பு வந்தது. மற்ற பிழைகளெல்லாம் திருத்தப்பட்டிருந்தன. கோடு அப்படியே இருந்தது. மறுபடி இழுத்தார். மறுபடி அப்படியே வந்தது.

படம் போடுகிறவரைத் தேடிக் கீழே போனார்.

"ஏம்ப்பா, ரெண்டு தடவை போட்டு அனுப்பியும் கோட்டை மாத்தலையே?"

அவர் கணினித் திரையை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. "அது பிழை இல்லக்கா."

"பின்ன?"

"மேல இருந்து சொன்னாங்க. என்னைக் கேக்காதீங்க. எனக்கு ரெண்டு பிள்ளைங்க இருக்கு."

ஒற்றக்காவுக்குத் தீவுகளைப் பற்றிப் பெரிய வீட்டோடு பேச்சுவார்த்தை நடப்பதாகச் செய்தியில் ஒரு வரி வந்தது நினைவுக்கு வந்தது. அவர் மாடியேறி வந்து உட்கார்ந்தார். மேசைமேல் இருந்த 'அச்சிடலாம்' சீட்டைப் பார்த்தார். மெய்ப்புத் திருத்துகிறவர் அதில் கையெழுத்துப் போடாமல் எந்தப் பக்கமும் எந்திரத்துக்குப் போகாது. இருபத்திரண்டு வருடமாகக் காய்கறிப் பட்டியலில் டிக் அடிப்பதுபோலப் போட்டுவந்த கையெழுத்து.

வீட்டில் யாரிடமும் சொல்லவில்லை. ஆனால் அடுப்பை அணைத்தோமா என்று மூன்று முறை பார்த்தார். பேருந்தில் இரண்டு நிறுத்தம் தள்ளி இறங்கினார். துறைமுகத்திலிருந்து கணவர் வர ஐந்து நிமிடம் தாமதமானால், வாசலுக்கும் அடுக்களைக்குமாக நடந்தார்.

"என்னடி, பூனை குட்டி போட எடம் தேடுற மாதிரி அலையுற?" என்றார் கணவர்.

"ஒண்ணுமில்லீங்க. இந்த வருஷம் உங்களுக்கு எப்ப புதுப்பிப்பாங்க?"

"எப்பவும் போல ஆகஸ்ட்டுல. ஏன்?"

"சும்மாதான் கேட்டேன்."

அந்த வாரம் எந்திரங்களைச் சரிபார்க்கப் பெரிய வீட்டிலிருந்து ஒரு பொறியாளர் வந்தார். முப்பது வயது இருக்கும். எல்லோருக்கும் தலைகுனிந்து வணக்கம் சொன்னார். நிறங்கள் ஒன்றின்மேல் ஒன்று சரியாக உட்காருகின்றனவா என்று பார்க்க, நிறம் அதிகமுள்ள பக்கமாகக் கேட்டார். கணினிக்காரர் வரைபடத்தைக் கொடுத்துவிட்டார். சோதனைத் தாளைச் சரிபார்க்க ஒற்றக்காவையும் கூப்பிட்டார்கள். பூதக்கண்ணாடியை வைத்துத் தாளை அங்குலம் அங்குலமாகப் பார்த்துக்கொண்டே வந்த பொறியாளர், தீவுகளிடம் நின்றார். தன் கைபேசியில் தன் மொழியில் ஏதோ பேசினார். கைபேசியின் பெண்குரல் அதை மொழிபெயர்த்து, அச்சடித்த மாதிரித் தமிழில் கேட்டது: "இத்தீவுகள் யாருடையவை? இவை கோட்டுக்கு வெளியே உள்ளன."

ஒற்றக்கா ஓரடி முன்னால் வந்தார். "உங்களுடையது இல்லையா?" என்று கைபேசியை நோக்கிக் கேட்டுவிட்டார். கேட்ட பிறகுதான் என்ன கேட்டோம் என்பது உறைத்தது.

பொறியாளர் சிரித்தார். தன் நாட்டு வரைபடத்தைக் கைபேசியில் எடுத்துப் பெரிதாக்கிக் காட்டினார். அங்கே தீவுகளே இல்லை. வெறும் நீலம். "நான் இவற்றைக் கேள்விப்பட்டதில்லை. நிறம் நன்றாக உள்ளது" என்றது பெண்குரல்.

ஒற்றக்கா அப்படியே நேராக மேலாளர் அறைக்குப் போனார். போகிற வழியிலெல்லாம் திரும்பிவிடலாம் என்றுதான் கால் சொன்னது.

மேலாளர் கெட்டவர் இல்லை. ஓய்வு பெற ஒன்றரை வருடம் இருந்தது. மேசைக் கண்ணாடிக்கு அடியில் பேத்தியின் படம்.

"சார், அறுபத்திரண்டாம் பக்கம்."

"தெரியும்மா. கையெழுத்துப் போட்டு அனுப்பிடுங்க."

"மூலப்பிரதியில கோடு பழைய மாதிரிதான் சார் இருக்கு. மாத்தணும்னா எழுத்துல உத்தரவு வேணும்ங்கறது விதி. அந்த உத்தரவோட நகலைக் குடுத்தீங்கன்னா ஃபைல்ல வச்சுட்டுப் போட்டுடறேன்."

மேலாளர் கதவைப் பார்த்தார். "உத்தரவெல்லாம் வரல."

"போன்ல சொன்னாங்களா?"

"சொல்லல."

"அப்ப பெரிய வீட்டுல இருந்து..."

"அவங்க எதுக்கும்மா சொல்லணும்? பாடக்குழு கூட்டத்துல ஒருத்தர் கேட்டார், இந்த நேரத்துல அந்தத் தீவுங்க தேவையான்னு. யாரும் வேணாம்னு சொல்லல, வேணும்னும் சொல்லல. காகிதம் அவங்களது, மெஷின் அவங்களது. நாளைக்கு அவங்க தூதர் வந்து புத்தகத்தைப் புரட்டும்போது முகம் சுளிச்சா என் தலைதான் உருளும். லெட்டர் வர்ற வரைக்கும் காத்துக்கிட்டிருந்தா நாமதான் முட்டாளுங்க."

ஒற்றக்காவுக்கு அப்போதுதான் புரிந்தது. ஒருவர் கேட்டால் எதிர்த்து நிற்கலாம், பணியலாம், கெஞ்சலாம். இங்கே யாருமே கேட்கவில்லை. கேட்பார்களோ என்ற பயம் மட்டும் ஒரு மேசையிலிருந்து இன்னொரு மேசைக்கு நகர்ந்து, கடைசியில் தன் மேசைக்கு வந்து சேர்ந்திருக்கிறது.

"அப்ப நீங்களே ஒரு வரி எழுதிக் குடுங்க சார்" என்றார். "மாத்தச் சொன்னது நான்தான்னு."

மேலாளர் பேனாவை எடுத்தார். மூடியைத் திறந்தார். வெகுநேரம் அப்படியே வைத்திருந்தார். பிறகு மூடினார்.

"நீங்க போங்கம்மா. நான் யோசிக்கறேன்."

நான்காம் நாள் புது மெய்ப்பு வந்தது. வரைபடமே இல்லை. அந்த இடத்தில் கடலில் போகும் ஒரு கப்பலின் படம் இருந்தது. அழகான கப்பல். தீவு உள்ளேயும் இல்லை, வெளியேயும் இல்லை. அந்தக் கோட்டுக்காக யாரும் கையெழுத்துப் போட வேண்டியதில்லை. ஒற்றக்கா பெருமூச்சு விட்டார். அது நிம்மதியா என்று அவருக்கே தெரியவில்லை.

பக்கத்தின் அடியில் பயிற்சிக் கேள்விகள் இருந்தன. நான்காவது கேள்வி: 'மேலே உள்ள வரைபடத்தில் நமது மூன்று தீவுகளையும் வட்டமிடுக.' வரைபடத்தை எடுத்தவர்கள் கேள்வியை எடுக்க மறந்திருந்தார்கள்.

சிவப்புப் பேனா தானாக அந்த வரிக்கு மேலே போய் நின்றது. அடித்துவிட்டால் ஒரு நொடி வேலை. துறைமுகத்தை நினைத்தார், மகளை நினைத்தார். பேனாவை மேசைமேல் வைத்தார். வேறு பேனாவை எடுத்துச் சீட்டில் கையெழுத்துப் போட்டார். பார்த்தும் திருத்தாமல் அவர் விட்ட முதல் பிழை அதுதான்.

பள்ளி திறந்து இரண்டாவது வாரம் தொலைபேசி அழைப்புகள் வரத் தொடங்கின. வரைபடம் எங்கே என்று ஆசிரியர்கள் கேட்டார்கள். சில பள்ளிகளில் பழைய புத்தகத்தைப் பார்த்துக் கரும்பலகையில் வரைந்து பிள்ளைகளை வட்டமிடச் சொன்னார்களாம். ஒரு செய்தித்தாள் 'கப்பலில் தீவைத் தேடும் மாணவர்கள்' என்று எழுதிவிட்டது. அமைச்சகம் விளக்கம் கேட்டது.

மேலாளர் கூப்பிட்டனுப்பினார். "எப்படிம்மா விட்டுப்போச்சு?"

"கண்ணுல படல சார்."

மேலாளர் அவரையே பார்த்தார். தூசிபோன்ற ஒரு புள்ளி விட்டுப்போனாலும் கண்டுபிடிக்கிற கண் அது என்பது அவருக்குத் தெரியும். 'மெய்ப்புத் திருத்துபவரின் கவனக்குறைவு' என்று விளக்கம் எழுதினார். அதை ஒற்றக்காவுக்குப் படித்தும் காட்டினார். 'கவனக்குறைவு' என்பதைக் கேட்டபோது அவருக்கு அழுகை வந்தது. வேறு எந்தச் சொல்லாக இருந்தாலும் தாங்கியிருப்பார்.

படிவங்கள் அச்சிடும் பிரிவுக்கு மாற்றினார்கள். பிறப்புச் சான்றிதழ், முகவரி மாற்றம். ஜன்னல் இல்லாத அறை.

ஆகஸ்ட்டில் துறைமுகத்தில் எல்லோருக்கும் புதுப்பிப்புக் கடிதம் வந்தது. கணவருக்கு மட்டும் வரவில்லை. முதல் நாள் கணவர் சிரித்தார். ஐந்தாம் நாள் பேச்சைக் குறைத்தார். ஏழாம் நாள் ஒற்றக்கா எல்லாவற்றையும் சொன்னார். கோடு, கப்பல், நான்காவது கேள்வி. கணவர் கேட்டுக்கொண்டே இருந்தார். திட்டுவார் என்று காத்திருந்தார் இவர்.

"எங்கப்பா அந்தத் தீவுக் கெணத்துத் தண்ணியக் குடிச்சிருக்காரு" என்றார் கணவர்.

பதினொன்றாம் நாள் கடிதம் வந்தது. குமாஸ்தா விடுப்பில் இருந்தாராம். இருக்கலாம்.

மகளுக்கு உதவித்தொகை கிடைக்கவில்லை. கடிதத்தில் 'வருந்துகிறோம்' என்பதைத் தவிர காரணம் எதுவும் இல்லை. இரண்டு நாள் அறைக்குள்ளேயே இருந்தாள். மூன்றாம் நாள் வந்து அடுக்களை வாசலில் நின்றாள்.

"அப்பா சொன்னாரு. உன்னாலதானாம்மா?"

"தெரியலடி."

"இல்ல, நெஜமா சொல்லு."

"நெஜமாவே தெரியல. அவங்களுக்கு நான் ஒரு ஆளு இருக்கேன்னே தெரியாது. தெரிஞ்சிருக்கவும் கூடும்."

மகள் அழவில்லை. "எனக்கு மார்க் பத்தல போல" என்று சொல்லிவிட்டு, அம்மாவின் கையிலிருந்து கத்தியை வாங்கி வெங்காயம் நறுக்க உட்கார்ந்தாள். உள்ளூர்க் கல்லூரியில் மேல்படிப்பில் சேரக் கடைசி நாள் எப்போது என்று கேட்டாள். வெள்ளிக்கிழமை என்றார் ஒற்றக்கா. ஏற்கெனவே விசாரித்து வைத்திருந்தார்.