‘வாரேன்’ என்று எழுதிய கட்டம்

குற்றச்சாட்டு: 2005 ஏப்ரல் 11, திங்கட்கிழமை காலை, கொல்லிமலை முகில்மனை விடுதியின் வருகைப் பதிவேட்டில் என் பெயரின்மேல் சிவப்பு மையால் கோடு இழுக்கப்பட்டிருந்தது. பக்கத்தில் ‘தானாக விலகிச் சென்றார்’ என்று மேலாளர் திரு. சுரேந்தர் எழுதியிருந்தார். நான் விலகவில்லை. ‘போய்ட்டு வாங்க’ என்று அவர் சொன்னார். போனேன்; வந்தேன்.

விடுதியின் உரிமையாளர் திரு. பூபதி அவர்களுக்கு இதை எழுதுகிறேன். தாங்கள் இராசிபுரத்தில் இருப்பதால் நடந்தது முழுவதும் தங்கள் காதுக்கு வந்திருக்காது. ஆகவே தொடக்கத்திலிருந்து சொல்கிறேன்.

நான் இதே மலையின் குண்டூர் நாட்டைச் சேர்ந்தவன். மனைவி 1996-இல் இறந்தாள். பிள்ளைகள் இல்லை. என் ஒருவனுக்காக அடுப்பு மூட்டுவது எனக்குக் கடைசிவரை பழகவில்லை. 1998 மே மாதம் விடுதி திறந்தபோது அறை துடைக்கும் வேலைக்கு வந்ததற்கு அதுதான் காரணம். வேறு எதையாவது அன்று நான் சொல்லியிருந்தால் அது முழு உண்மை அல்ல. பணியாளர் தங்கும் நீள அறையில் எட்டுக் கட்டில்கள். எட்டிலும் ஆள் படுத்த காலம் இருந்தது. ஒருவர் குறட்டையை இன்னொருவர் திட்டுவார். எனக்கு அது போதுமானதாக இருந்தது.

என் பள்ளிப் படிப்பு ஐந்தாம் வகுப்போடு நின்றது. செம்மேட்டில் ஒட்டப்படும் அரசு அறிவிப்புகளையும், பொட்டலம் கட்டி வரும் செய்தித்தாளையும், விடுதியின் பழைய கோப்புகளையும் படித்து எழுதக் கற்றேன். 1999 அக்டோபரில் வருகைப் பதிவேட்டைத் தாங்கள் என்னிடம் ஒப்படைத்தீர்கள்.

அப்போது விடுதிக்கு இருந்த பெரிய குறை, ஆள் நிற்காததுதான். மலையாட்கள் தை பிறந்ததும் மிளகு பறிக்க ஊருக்குப் போனார்கள். உடனே அவர்கள் பெயரை அடித்தோம். பெயரை அடித்த இடத்துக்கு யாரும் திரும்பி வரவில்லை. பிறகு கீழ்நாட்டிலிருந்து ஆள் எடுத்தோம். எழுபது வளைவு ஏறி வந்தவர்கள் மலைக்குளிரையும், பொழுது சாய்ந்தபின் பேச ஆள் இல்லாததையும் தாங்க மாட்டாமல் அடுத்த வாரமே பேருந்து ஏறி மலையிறங்கிப் போனார்கள். 2000 ஜனவரியில் இருபத்திரண்டு அறைக்கு நாங்கள் நான்கு பேர்.

எங்கள் ஆட்கள் யாரும் ‘போறேன்’ என்று சொல்லிப் போவதில்லை. ‘வாரேன்’ என்றே சொல்கிறார்கள். அதை அப்படியே எழுதிவைத்தால் என்ன என்று எனக்குத் தோன்றியது. பதிவேட்டின் ஓரத்தில் ஒரு கட்டம் போட்டு, ‘மிளகுக்குப் போகிறார். பங்குனியில் வாரேன் என்றார்’ என்று எழுதத் தொடங்கினேன். தாங்கள் அதைப் பார்த்துச் சிரித்தீர்கள்.

“ஏப்பா செங்கோடா, இது ஆபீஸ் ரிஜிஸ்டரா, ஊட்டுக் கதையா?”

“வாரேன்னவங்க வருவாங்கங்க. எடம் வெச்சிருந்தாப் போதும்.”

“வரலீன்னா?”

“என் பேர அடிச்சுடுங்க.”

கட்டத்தின் கீழே ‘சரி’ என்று எழுதி, 14-2-2000 எனத் தேதியிட்டுக் கையொப்பம் வைத்தீர்கள். அந்தப் பக்கத்தின் படி என்னிடம் உள்ளது.

2000 முதல் 2004 வரை அந்தக் கட்டத்தில் முப்பத்தொரு முறை ‘வாரேன்’ எழுதியிருக்கிறேன். இருபத்தெட்டு முறை ‘வந்தார்’ என்றும் எழுதியிருக்கிறேன். வராத மூவரில் ஒருவர் இறந்துவிட்டார். ஒருத்தி தேவனூர் நாட்டுக்கு வாழ்க்கைப்பட்டுப் போனாள். ஒருவன் திருப்பூரில் பனியன் கம்பெனியில் சேர்ந்தான். அவனும் ஒரு கடிதம் போட்டான். பறிப்புக்கும் சாமை அறுப்புக்கும் ஆட்களை முறை வைத்து அனுப்பியதால் அடுப்பு ஒரு நாளும் அணையவில்லை.

இருபத்தெட்டில் ஐந்து ‘வந்தார்’ சமையல்காரி அத்தாயியுடையவை. அவளும் என் ஊர்தான். அவள் வைக்கும் குழம்புக்காகவே சேலத்திலிருந்து ஆண்டுதோறும் வரும் குடும்பங்கள் உண்டு. இந்த ஆண்டு ஜனவரி 24-ஆம் தேதி புறப்பட்டாள்.

“மொளகு பறிச்சுக் காயவெச்சுப் போட்டுட்டு வாரேனுங்ணா. என் கரண்டிய எவனும் தொடாமப் பாத்துக்குங்க.”

“எடம் இருக்கும் அத்தாயி. போய்ட்டு வா.”

இந்த வாக்கைக் கொடுத்தவன் நான். எழுதியும் வைத்தேன்.

திரு. சுரேந்தர் அதற்கு முந்தைய மாதம்தான் மேலாளராகப் பொறுப்பேற்றிருந்தார். கோயம்புத்தூரில் ஓட்டல் படிப்பு படித்தவர். கெட்டவர் என்று எழுதமாட்டேன். அவர் கணினியில் போட்ட பட்டியலில் ‘இருக்கிறார்’, ‘இல்லை’ என்ற இரண்டு கட்டங்கள்தான் இருந்தன. ஊருக்குப் போனவர்கள் எல்லாரும் இரண்டாவதில் விழுந்தார்கள். அவர்களுக்குப் பதிலாகத் தம்முடைய கல்லூரியில் படித்த மூவரை வரவழைத்தார். முதலாமவர் ஒன்பது நாள் இருந்தார். அடுத்தவர் பதினேழு நாள். மூன்றாமவர் எப்போது போனார் என்றே தெரியாது. காலையில் கட்டிலுக்கடியில் ஒற்றைச் செருப்பு கிடந்தது. மூவரில் ஒருவரும் ‘வாரேன்’ சொல்லவில்லை. பிப்ரவரி கடைசியில் அந்த நீள அறையில் நான் மட்டும் இருந்தேன். ஏழு கட்டில்களின் கம்பளிகளையும் வாரம் ஒருமுறை உதறி மடித்து வைத்தேன். வருகிறவர்களுக்கு ஈரவாடை அடிக்கக் கூடாது அல்லவா?

மார்ச் 21-ஆம் தேதி காலைப் பேருந்தில் அத்தாயி வந்து இறங்கினாள். கையில் துணிப்பை. புது மிளகு ஒரு முடிச்சு. வாசல் காவலர் சென்றாயன் கேட்டைத் திறக்காமல் என்னைக் கூப்பிட்டார். மேலாளரும் கூடவே வந்தார்.

“ஏனுங்ணா, கேட்டுக்கு வெளிய நிக்க வெக்கறீங்க? அடுப்பு என்னையத் தேடியிருக்குமே?” என்று சிரித்தாள் அத்தாயி.

“யாரு இவங்க?” என்றார் மேலாளர்.

“சமையல் அத்தாயிங்க. லீவு முடிஞ்சு வந்திருக்குது.”

“ரெண்டு மாசம் லீவா? லிஸ்ட்லயே இல்லையே.”

“வாரேன்னு சொல்லிட்டுத்தானுங்க போச்சு. எழுதியிருக்குது.”

“வாரேன்னா போறேன்னு அர்த்தம், செங்கோடன். எங்க ஊர்லயும் கெளம்பறப்ப அப்படித்தான் சொல்வாங்க. அதுக்காக வேலைய எடுத்து வெப்பாங்களா?”

அவர் வேடிக்கை பேசுவதாக அத்தாயி நினைத்துவிட்டாள். “எழவு ஊட்டுலதானுங்க வாரேன்னு சொல்லாமப் போவாங்க. நான் அடுப்படியிலிருந்துல்ல போனேன்!” என்றாள்.

நான் பதிவேட்டைத் திறந்து அவள் கட்டத்தில் ‘வந்தார்’ என்று எழுதப் போனேன். மேலாளர் கையால் மூடினார். “எழுத வேண்டாம்” என்றார். அத்தாயி என் முகத்தைப் பார்த்தாள். நான் பேனாவை மூடிச் சட்டைப்பையில் வைத்தேன். அவள் மிளகு முடிச்சைக் கேட்டின் அடியில் வைத்துவிட்டுச் சாலைக்கு நடந்தாள்.

அடுத்த பத்து நாளில் இன்னும் நால்வர் வந்து திரும்பினார்கள்.

ஏப்ரல் 1-ஆம் தேதி, தாங்கள் ‘சரி’ என்று எழுதிய பக்கத்தின் இன்னொரு படியை மேலாளரின் மேசைமேல் வைத்தேன். அவர் அதைப் படித்தார்.

“இதையெல்லாம் சேத்து வெச்சு என்னங்க பண்ணப் போறீங்க? சரி, போய்ட்டு வாங்க.”

“எப்பங்க வரட்டும்?”

“எப்ப வேணா வாங்க” என்று சொல்லித் தொலைபேசியை எடுத்தார்.

ஏழு ஆண்டுகளில் நான் விடுப்பு எடுத்ததில்லை. ஆகவே அதை விடுப்பாகவே கொண்டேன். என் பெயருக்கு நேரான கட்டத்தில், ‘ஊருக்குப் போகிறேன். 11-ஆம் தேதி வாரேன்’ என்று முதன்முறையாக எனக்காக எழுதினேன். சென்றாயனிடம் வாயாலும் சொன்னேன். அவர் அதை ஒப்புக்கொள்கிறார். சாட்சியாகக் கையொப்பமிட மட்டும் பயப்படுகிறார். அவரைக் குறை சொல்லவில்லை.

ஊரில் என் வீட்டைத் திறந்தேன். யாரும் எட்டிப் பார்க்கவில்லை. என் பேச்சை நம்பி விடுதிக்கு வந்த வீடுகள்தாம் எல்லாம். மூன்றாம் நாள் அத்தாயி வீட்டு வாசலுக்குப் போனேன். அவள் முறத்தில் சாமை புடைத்துக்கொண்டிருந்தாள். உட்காரச் சொல்லவில்லை.

“உங்க நோட்டுல என்னையப் பத்தி என்ன எழுதியிருக்குதுங்ணா?”

“வாரேன்னு சொன்னதா எழுதியிருக்குது.”

“நான் வந்தனே. அத எழுதுனீங்களா?”

மேலாளர் கையை வைத்தது ஒரு நிமிடம். அதன்பின் பதினோரு நாள் அந்தப் பதிவேடு என் பொறுப்பில்தான் இருந்தது. பேனாவும் இருந்தது. எழுதவில்லை. மற்றவர் மீது குற்றம் சாட்டி எழுதும் இந்தத் தாளில் என் குற்றத்தையும் மறைக்காமல் எழுதுகிறேன்.

முறத்தின் சத்தம் மறுபடியும் தொடங்கியது. ‘வாரேன்’ என்று சொல்ல வாய் வரவில்லை. எழவு வீட்டிலிருந்து புறப்படுவதுபோல் சொல்லாமல் இறங்கி வந்தேன்.

11-ஆம் தேதி விடுதிக்குப் போய்ச் சிவப்புக் கோட்டைப் பார்த்தேன். என் தகரப்பெட்டி கேட்டுக்கு வெளியே இருந்தது. காகிதங்கள் எல்லாம் வரிசை கலையாமல் இருந்தன. கேட்டடியிலிருந்து நான் எடுத்து வைத்திருந்த அந்த மிளகு முடிச்சும், அதில் நான் கட்டிய தேதிச் சீட்டும் அந்தப் பெட்டியில்தான் உள்ளன. இன்று ஏப்ரல் 25. இரண்டு வாரமாக இந்த வீட்டில் என் குரலை நானே கேட்கவில்லை. நேற்று இந்தக் கடிதத்தை ஒருமுறை உரக்கப் படித்துப் பார்த்தபோதுதான் அது தெரிந்தது.

தங்களிடம் கேட்பது இதுதான். ‘போய்ட்டு வாங்க’ என்பது விடுப்பா, நீக்கமா? விடுப்பு என்றால் நான் சொன்ன நாளில் வந்துவிட்டேன். நீக்கம் என்றால் நீக்கியவர் மேலாளர். எப்படிப் பார்த்தாலும் ‘தானாக’ என்ற சொல் பொய். அதை அடிக்க வேண்டும். வராவிட்டால் என் பெயரை அடிக்கலாம் என்று சொன்னவன் நானே. ஆனால் அவர்கள் வந்தார்கள்.

அதற்கும் முன்பாக, அத்தாயியின் கட்டத்தில் ‘21-3-2005 வந்தார்’ என்று தங்கள் கையால் எழுதி, அந்தப் பக்கத்தின் படியை எனக்கு அனுப்ப வேண்டும். என் வேலை பற்றித் தாங்கள் என்ன முடிவெடுத்தாலும் இது எனக்கு வேண்டும். அதைக் கொண்டுபோய்க் காட்டினால்தான் அந்த வாசலிலிருந்து ‘வாரேன்’ என்று சொல்லித் திரும்ப என்னால் முடியும்.

யாரையும் அனுப்பி வாயால் சொல்லச் சொல்ல வேண்டாம். வாயால் சொன்ன ஒரு சொல் விடுதியில் ஒன்றாகவும் ஊரில் ஒன்றாகவும் இருந்ததால்தான் இவ்வளவும் நடந்தது. இக்கடிதம் கிடைத்த பதினைந்து நாளுக்குள், தேதியிட்டு, கையொப்பமிட்டு, எழுத்தில் பதில் தர வேண்டும்.

செங்கோடன்