அப்பாவிடம் சாவி வாங்கியவள்

பேய், ஆவி என்று யாராவது பேச்செடுத்தால் எழுந்து போய்விடுகிற ஆள் நான். படித்தது புள்ளியியல். கோயிலில் திருநீறு கொடுத்தால்கூடக் கையைப் பின்னால் கட்டிக்கொள்கிறவள் என்று அம்மா திட்டுவாள். அதனால் நான் சொல்வதை நீங்கள் நம்பவில்லை என்றால் எனக்குக் கோபமில்லை, உங்கள் இடத்தில் நானும் சிரித்திருப்பேன். ஆனாலும் நடந்தது நடந்ததுதான், யாருக்காகவும் மாற்றிச் சொல்லமாட்டேன்.

புனேயில் சதாஷிவ் பேட்டில் ஒரு பழைய வீட்டு மாடியில், நானும் நாசிக்கிலிருந்து படிக்க வந்த ஸ்நேகாவும் குடியிருந்தோம். மாடியில் எங்கள் அறை ஒன்றுதான், அதற்கு மேல் ஓட்டுக்கூரை. ஏறி இறங்க ஒரே மரப்படி. கீழே வீட்டுக்காரம்மா, நாங்கள் மாவ்ஷி என்று கூப்பிடுவோம். இந்தப் பேட்டைக்காரர்கள் வாசலில் நக்கலாகப் பலகை எழுதி மாட்டுவதில் கில்லாடிகள். 'ஒன்றிலிருந்து நான்குவரை தூங்குவோம், நீங்களும் தூங்கிப் பாருங்கள்' என்று மாவ்ஷி வாசலில் ஒன்று. எங்கள் கதவில் மராத்தியில் இன்னொன்று: 'உள்ளே ஆளை வைத்து வெளியே பூட்டாதீர்கள். இந்த வீட்டுக்குப் பிடிக்காது.' அதுவும் நக்கல்தான் என்று நினைத்து முன்னால் நின்று செல்ஃபி எடுத்துக்கொண்டோம்.

வினை வேறு படத்தில் வந்தது. வகுப்பில் எல்லோரும் கடக்வாஸ்லா அணைக்குப் போய்ச் சுட்ட சோளம் தின்றோம், நான் ஒரு பையனின் பைக்கில் பின்னால் உட்கார்ந்திருந்தேன், அவ்வளவுதான். அந்தப் படம் எப்படியோ சொந்தக்காரர்களின் வாட்ஸப் குழுவுக்குப் போய்விட்டது. ஊரே என் மானத்தை அலசிக் காயப்போட்டது. சொல்லாமல் கொள்ளாமல் பொள்ளாச்சியிலிருந்து அப்பா வந்து நின்றார், அதுவும் கல்லூரியில் எனக்கு வேலைக்கான நேர்காணல் இருந்த அன்று. ஸ்நேகா ஊருக்குப் போயிருந்தாள்.

"துணிமணிய எடுத்து வெய்யி சாமி, ராத்திரி ரயிலுக்குப் போலாம்."

"அப்பா, மூணு மணிக்கு எனக்கு இண்டர்வியூங்க. போயிட்டு வந்து பேசிக்கலாங்க."

"பேசறதுக்கு என்ன இருக்குது? படிச்ச வரைக்கும் போதும்."

போனைப் பிடுங்கிக்கொண்டார். வெளியே போய் எங்கள் பூட்டையே போட்டுப் பூட்டிவிட்டார். பலகை அவர் கண்ணுக்கு நேரேதான் இருந்தது, ஆனால் அவருக்கு மராத்தியும் தெரியாது, இந்தியும் தெரியாது.

கத்தினேன். தெருவே தூங்குகிற நேரம், யார் வருவார்கள்? நான் அழுதேன் என்று நினைக்காதீர்கள். கதவை உதைத்தேன். "நான் போகத்தாம் போறேன், யாரு தடுக்கறீங்கன்னு பாக்கறேன்!" என்று கதவைப் பார்த்தே கத்தினேன்.

பூட்டில் சாவி திரும்புகிற சத்தம் கேட்டது.

அப்பா என்று கூப்பிட்டேன். தள்ளினால் கதவு திறந்துகொண்டது. வெளியே யாருமில்லை. கொண்டியில் பூட்டு திறந்து தொங்கியது, சாவி இல்லை. அதை எடுத்து ஓரமாக வைத்தேன், என் விரலெல்லாம் நீலமாக மை ஒட்டியது. துடைக்கக்கூட நேரமில்லை. கீழே கடைசிப் படியில் அப்பா உட்கார்ந்திருந்தார், கையைப் பிடித்து நிறுத்துவார் என்று நினைத்தேன். அவர் போனைக் கொடுத்து, "போயிட்டு வா சாமி" என்றார். அவர் பார்வை எனக்குப் பின்னால் படிமேல் இருந்தது.

வேலை கிடைத்தது, புனேயின் இன்னொரு கோடியில் இருக்கிற கராடியில். நான் திரும்பி வருவதற்குள் அப்பா தனியாகவே ரயிலுக்குக் கிளம்பிவிட்டார். மனம் இளகி அவரே திறந்துவிட்டார், ஒத்துக்கொள்ள வெட்கம் என்றுதான் நானும் நினைத்தேன். தீபாவளிக்கு ஊருக்குப் போனபோது அதற்கு நன்றி சொன்னேன்.

"நானெங்க தொறந்தேன்? உங்கூட இருக்கற புள்ளதான தொறந்துச்சு" என்றார் அப்பா.

"எந்தப் புள்ளைங்கப்பா?"

"ரெட்டச்சட போட்டுட்டு மேலயிருந்து எறங்கி வந்துச்சே. ஒண்ணும் பேசல, கைய நீட்டுச்சு. விரலெல்லாம் மை, பரிச்ச எழுதிட்டு வந்த மாதர. எனக்கு என்னமோ கூசிப்போச்சு கண்ணு. சாவியக் குடுத்துட்டேன், வாங்கிட்டு மேல போச்சு. நீ போனதுக்கப்பறமும் அது எறங்கும்னு பாத்துட்டே இருந்தேன். எறங்கவே இல்ல."

ஸ்நேகாவுக்குத் தோள்வரை வெட்டிய முடி. அன்று அவள் நாசிக்கில் இருந்தாள். மாவ்ஷியிடம் கேட்டதற்கு, "போர்டைப் படிக்கத் தெரியாதா உங்கள் அப்பாவுக்கு?" என்று மராத்தியில் சிடுசிடுத்துவிட்டு உள்ளே போய்விட்டாள்.

கராடிக்குப் பக்கத்தில் ஃபிளாட் பார்த்துக்கொண்டு ஓடிவிடு என்கிறார்கள் எல்லோரும். நான் ஏன் ஓடவேண்டும்? சொந்தக்காரர்கள் அத்தனை பேரும் கதவைச் சாத்தச் சொன்னபோது திறந்துவிட்டவள் அவள் ஒருத்திதான். எனக்கு அவள்மேல் பயமில்லை, பிரியம்தான். ஸ்நேகா படிப்பை முடித்து ஊருக்குப் போனபிறகும் நான் அதே அறையில்தான் இருக்கிறேன், தினமும் அவ்வளவு தூரம் பஸ்ஸில் போய் வருகிறேன்.

அந்தச் சாவி இதுவரை கிடைக்கவில்லை. சாயங்காலம் வேலை முடிந்து படியேறி வந்தால், யாருமில்லாத என் அறைக் கதவை ஒருமுறை தட்டிவிட்டுத்தான் உள்ளே போகிறேன்.