ஐயாயிரம் கல்லும் ஒரு மாப்பிள்ளையும்

எனக்குக் கல்யாணம் பேசி முடித்தபோது மாப்பிள்ளை வீட்டார் கேட்டது ஒரு வீடு மட்டும்தான். எங்கள் ஆட்களிடம் பெண்ணுக்கு வீடு கொடுப்பது வழக்கம் என்பதால் அதை யாரும் பெரிய விஷயமாக எடுக்கவில்லை. வாப்பாவுக்கு மட்டும் அது பெரிய விஷயமாக இருந்தது. தொண்ணூறில் மன்னாரிலிருந்து விரட்டப்பட்டு வந்த நாள் முதல் புத்தளத்துத் தில்லையடியில் அவர் கட்டியதெல்லாம் ஓலையும் தகரமும்தான். "ஊருக்குத் திரும்பிப் போறதுதானே, இங்க என்னத்துக்குக் கல்லு?" என்பார். யுத்தம் முடிந்த பிறகு ஊருக்குப் போய்ப் பார்த்துவிட்டு வந்தார். எங்கள் வீடு இருந்த வளவில் காடு நின்றதாம். கிணறு எங்கே இருந்தது என்றே தெரியவில்லையாம். வாசலில் செருப்பைக் கழற்றும்போதே உம்மாவிடம், "மகளுக்கு இங்கயே செங்கல்லில கட்டுவம்" என்றார்.

வாப்பா தையல்காரர். புத்தளம் டவுனில் சின்னக் கடை. கழுத்தில் அளவு நாடா இல்லாமல் அவரை நான் பார்த்தது தொழுகை நேரத்தில் மட்டும்தான். ஆகவே வீட்டுக்கு எத்தனை கல் வேண்டும் என்பதைத் தானே அளந்து பார்த்துச் சொல்வதாக அறிவித்தார்.

பின் தெருவில் ஒரு வீடு பூச்சுப் பூசாமல் செங்கல் தெரிய நின்றது. ஒரு நாள் காலையில் வாப்பா போய் அந்தச் சுவரில் நாடாவைப் பிடித்து, சோக்கால் ஒரு சதுரம் கீறி, விரலால் தொட்டுத் தொட்டுக் கல்லை எண்ணத் தொடங்கினார். வீட்டுக்காரப் பெண் வெளியே வந்தார்.

"என்ன காக்கா, எங்கட செவரில என்ன தேடுறீங்க?"

"ஒண்டுமில்ல தங்கச்சி. கல்லு எண்ணுறன்."

"எங்கட கல்ல நீங்க என்னத்துக்கு எண்ணணும்?"

"இந்தச் சதுரத்துக்குள்ள எத்தின வருதெண்டு பாத்தா முழு வூட்டுக்கும் கணக்குப் போடலாம்."

அந்தப் பெண் உள்ளே போய்க் கதிரையும் தேத்தண்ணியும் கொண்டுவந்தார். வாப்பா அதை மரியாதை என்று நினைத்துக்கொண்டார். பின்னேர அஸர் தொழுகைக்கு முன்பே தெருவெல்லாம் கதை பரவிவிட்டது: இடம்பெயர்ந்த ஆட்களுக்கு வீட்டு உதவி வரப்போகிறதாம், அதற்குச் சுவர் எண்ணுகிறார்களாம். அடுத்த நாள் வாப்பா கடைக்குப் புறப்பட்டபோது இரண்டு பெண்கள் வழியை மறித்தார்கள். "காக்கா, எங்கட செவரையும் ஒருக்கா எண்ணிட்டுப் போங்க. எழுதேக்க கொஞ்சம் கூட்டி எழுதுங்க." ஒரு வீட்டில் ஓலைக் கிடுகையே எண்ணச் சொன்னார்கள். வாப்பா அதையும் எண்ணிக் கொடுத்துவிட்டுத்தான் போனார்.

கணக்கு ஐயாயிரம் என்று வந்தது. வீடு கட்டப் பேசியிருந்த மேசன் பாஸ் தலவிலப் பக்கத்துக் கத்தோலிக்கர். வளவை ஒரு தடவை பார்த்துவிட்டுச் சொன்னார்: "நாலாயிரத்தி ஐந்நூறு போதும் முதலாளி. கதவு ஜன்னலைக் கழிச்சீங்களா?"

"என்னத்துக்குக் கழிக்கிற? சட்டைக்குக் கழுத்து வெட்டுறம். வெட்டின துணியக் கழிச்சுப்போட்டா துணி எடுக்கிற, பாஸ்?"

"வீடு சட்டையில்லையே முதலாளி."

"அளவு அளவுதான். அதோட தையலுக்கும் கொஞ்சம் விட்டிருக்கன்."

எந்தத் தையலுக்கு என்று மேசன் பாஸ் கேட்கவில்லை. தலவிலத் தேவாலயத் திருநாள் முடிந்ததும் வேலை தொடங்குவதாகச் சொல்லிவிட்டுப் போனார்.

சிலாபத்துக்கு அந்தப் பக்கச் சூளையிலிருந்து லொறியில் கல் வந்தது. ஒவ்வொரு கல்லின் நடுவிலும் ஒரு மீன் அச்சுப் பதிந்திருந்தது. வாப்பா பக்கத்தில் நின்று இறக்கி, தானே எண்ணி, என் அறை ஜன்னலுக்கு நேரே அடுக்குவித்தார். சரியாக ஐயாயிரம். அன்றிரவு அவர் சாப்பிட்ட சோறு வழக்கத்தைவிடக் கூட.

அடுத்த வெள்ளிக்கிழமை ஜும்ஆவுக்குப் பிறகு மாப்பிள்ளை வந்தார். மதுரங்குளி ஆள். உப்பளத்துக் கந்தோரில் கணக்குப் பார்க்கிற வேலை. அவருடைய உம்மா கொடுத்த பேரீச்சம்பழத்தைக் கொடுத்துவிட்டுப் போக வந்தவர். பேச்சு முடித்த அன்று ஒரு தடவை கண்டதோடு சரி, நாங்கள் ஒரு வார்த்தை பேசியதில்லை. வாப்பாவுக்கு அவரிடம் என்ன கதைப்பதென்று தெரியவில்லை. தேத்தண்ணி முடிந்தது, வெயிலைப் பற்றிய கதையும் முடிந்தது. கடைசியில், "மகன், நீங்க கணக்காள்தானே. அந்தக் கல்ல ஒருக்கா எண்ணிப் பாருங்களேன்" என்றார்.

மாப்பிள்ளை வெள்ளைச் சட்டையோடு எழும்பிப் போனார். நான் திரைச்சீலைக்குப் பின்னால் நின்றேன். அவர் வரிசை வரிசையாக விரல் வைத்து, உதடு அசைய எண்ணினார். இடையில் ஜன்னல் பக்கம் திரும்பினார். திரை ஆடியிருக்க வேண்டும். முதலில் இருந்து தொடங்கினார். சட்டை முழுக்கச் சிவந்து போயிற்று.

"நாலாயிரத்தி எண்ணூத்தி எழுவது மாமா."

வாப்பாவின் முகம் மாறியது. "ஐயாயிரம் மகன்."

"நான் ரெண்டுதரம் எண்ணினன் மாமா."

"சரி, சரி. களைப்பு. அடுத்த கிழமை வந்து ஆறுதலா எண்ணுங்க."

அவர் அடுத்த கிழமையும் வந்தார். உம்மா வட்டிலப்பம் கொடுத்தார். அன்றைக்கு வந்த எண்ணிக்கை முதல் தடவையைவிடக் குறைவு. அதற்கு அடுத்த தடவை அதைவிடவும் குறைவு. வாப்பா நித்திரையில் புரண்டார். "கூட்டல் தெரியாத பொடியன எப்பிடி அந்தக் கந்தோரில வச்சிருக்காங்க?" என்று உம்மாவிடம் கேட்டார். "போகப் போகக் கொறயுது. ஒரு கல்லையே எண்ணத் தெரியாதவன் நாளைக்குக் குடும்பத்த எப்பிடிப் பாப்பான்?"

"நீங்களே ஒருக்கா எண்ணிப் பாருங்களேன்" என்றேன் நான்.

"நான் எண்ணினதுதான் மகள். எண்ணினத எண்ணுறதா?"

உம்மா குனிந்த தலை நிமிராமல் அரிசி பொறுக்கிக்கொண்டிருந்தார். வாப்பா மதுரங்குளிக்கு ஆள் அனுப்பி, கல்யாணத் தேதியைக் கொஞ்சம் தள்ளி வைப்போம், மேசன் பாஸ் திருநாளுக்குப் போயிருக்கிறார் என்று சொல்லிவிட்டார். நான் அறைக்குள் போய்ப் படுத்துக்கொண்டேன். மூன்று வெள்ளைச் சட்டைகளைப் பழுதாக்கிக்கொண்டு வந்து போன ஒரு மனிதரை எனக்கு எப்போதோ பிடித்துப் போயிருந்தது. அவருக்குக் கூட்டல் தெரியுமா தெரியாதா என்பது எனக்கு ஒரு பொருட்டாகவே இல்லை. அதை வாப்பாவிடம் எப்படிச் சொல்வது?

நோன்பு தொடங்கியது. பள்ளிவாசலில் நோன்புக் கஞ்சி காய்ச்சுகிற இடத்துக்கு ஒரு நாள் வாப்பாவே வாளியோடு போனார். வரிசையில் நின்றவர், பெரிய கிடாரத்துக்குக் கீழே எரிகிற விறகைச் சும்மா பார்த்துக்கொண்டிருந்திருக்கிறார். விறகுக்குப் பக்கத்தில், கரி பிடித்த அடுப்புக் கல்லில், ஒரு மீன் அவரைப் பார்த்துக்கொண்டிருந்தது. அடுத்த அடுப்பில் இன்னொரு மீன். வாளியை அங்கேயே வைத்துவிட்டு வெறுங்கையோடு வந்தார்.

"பள்ளி அடுப்பில எங்கட கல்லு எப்பிடி வந்த?"

உம்மா நிமிர்ந்து பார்த்தார். "நான்தான் குடுத்தன். பள்ளிக்குத்தானே. நன்மை கிடைக்கும்."

"பள்ளிக்குச் சரி. வேற ஆருக்குக் குடுத்த?"

உம்மா சொல்லத் தொடங்கினார். காலையில் வாப்பா கடைக்கும், நான் படிப்பிக்கப் பாலர் பள்ளிக்கும் போன பிறகு ஒவ்வொருவராக வருவார்களாம். கச்சான் காற்றுக்குத் தகரம் பறக்கிறது, மேலே வைக்க நாலு கல் வேண்டும் என்று ஒருவர். கட்டில் கால் உக்கிப் போயிற்று என்று ஒருவர். கோழிக்கூட்டுக்கு ஒருவர். தண்ணீர்த் தாங்கி வைக்க ஒருவர். "ராத்தா, ரெண்டே ரெண்டு கல்லு" என்று கேட்டால் எப்படி இல்லையென்பது?

"ஐயாயிரம் கல்லில ரெண்டு போனாத் தெரியவா போகுது?" என்றார் உம்மா.

வாப்பா கதிரையில் அமர்ந்தார். "அப்ப அந்தப் பொடியன் எண்ணினது சரி" என்றார். பிறகு இன்னும் மெல்ல, "மூணுதரமும் சரி. என்ன மாதிரிப் பொடியன்!" என்றார். நான் அறைக்குள் ஓடிப்போய்த் தலையணையில் முகத்தைப் புதைத்துக்கொண்டு சிரித்தேன்.

மன்னிப்புக் கேட்பது வாப்பாவுக்குப் பழக்கமில்லாத வேலை. ஆகவே தெரிந்த வேலையைச் செய்தார். நல்ல வெள்ளைத் துணி எடுத்து மூன்று சட்டை தைத்தார். மாப்பிள்ளையிடம் போய் அளவெடுக்க வெட்கப்பட்டு, கண்ணளவில் வெட்டினார், வழக்கம்போல் கொஞ்சம் விட்டும் வெட்டினார். அதை எடுத்துக்கொண்டு மதுரங்குளிக்குப் போனார். மாப்பிள்ளை ஒன்றைப் போட்டுக்காட்டியபோது, உள்ளே இன்னொரு ஆளுக்கும் இடமிருந்ததாம். "நல்ல காத்தோட்டமா இருக்கு மாமா" என்றாராம். கல்யாணத் தேதி பழையபடி உறுதியாயிற்று.

இதற்குள் விஷயம் தெருவுக்குத் தெரிந்துவிட்டது. கல்லுக்காகக் கல்யாணம் நின்றுபோகப் பார்த்ததாம் என்று கேள்விப்பட்டு ஆட்கள் பதறிப்போனார்கள். நோன்புப் பெருநாள் முடிந்ததும் ஒவ்வொருவராகக் கல் கொண்டுவந்து கொடுத்தார்கள். இரண்டு எடுத்தவர் மூன்று கொண்டுவந்தார், மன்னிப்புக்கு ஒன்று கூட்டி. எடுக்காதவர்களும் எதற்கும் இருக்கட்டும் என்று கொண்டுவந்தார்கள். கரிக்கல், உடைந்த கல், கோழி எச்சம் காய்ந்த கல், மீனே இல்லாத கல். சுவர் எண்ணிய நாளில் கதிரை கொடுத்த பெண் கைவண்டியில் ஒரு சீமெந்துக் கல்லைத் தள்ளிக்கொண்டு வந்தார். வேண்டாம் என்றால் அழுதுவிடுவார் போலிருந்தது.

திருநாள் முடிந்து வந்த மேசன் பாஸ் அடுக்கைச் சுற்றிச் சுற்றிப் பார்த்தார். "முதலாளி, ஐயாயிரமெண்டுதானே சொன்னீங்க. கல்லு குட்டி போட்டதா?"

"தையலுக்கு விட்டது பாஸ்" என்றார் வாப்பா.

வீடு எழும்பியது. கதவு ஜன்னல் போக, மேசன் பாஸ் சொன்ன அளவுதான் பிடித்தது. மிச்சக் கல்லில் குளியலறையும், கிணற்றடியில் துணி துவைக்க மேடையும் கட்டி முடித்த பிறகும் ஓர் அடுக்கு மிஞ்சியது.

கல்யாணம் முடிந்து எங்கள் இருவருக்கும் முதல் முதல் தனியாகக் கதைக்கக் கிடைத்தபோது நான் கேட்டது இதைத்தான். "கல்லு எங்க போகுதெண்டு உங்களுக்கு அப்பவே தெரியுமா?"

"ஓம். ரெண்டாந்தரம் வரேக்கயே கண்டன். மூலை வூட்டுக் கோழிக்கூட்டுக்குக் கீழ முழுக்க மீன்."

"அப்ப ஏன் வாப்பாக்கிட்ட சொல்லல்ல?"

"மாமி வட்டிலப்பம் தந்தாங்களே. திண்டுபோட்டு எப்பிடிக் காட்டிக் குடுக்கிற?" என்றவர், பிறகு, "சொன்னா எண்ணுறது முடிஞ்சிருமே. பொறகு என்ன சாட்டில வாற?" என்றார்.

முதல் வருஷம் பூச்சுக்கு வழியில்லாமல் சுவர் அப்படியே நின்றது. பார்க்க வருகிற பெண்கள் தேத்தண்ணிக் கோப்பையோடு எழும்பி, சுவரோரமாக நடந்து தேடுவார்கள். "இந்தா, இது என்ட. கட்டில் காலுக்கு வச்சது" என்று ஒரு கல்லைத் தொட்டுக் காட்டுவார்கள். சமையலறை மூலையில் கரி பிடித்த கற்கள் ஒரு வரிசை உண்டு. அதில் எது பள்ளிக் கஞ்சி அடுப்புக் கல் என்பதில் அவர்களுக்குள் பெரிய தர்க்கம் நடக்கும். நான் ஒரு பக்கமும் பேசாமல் இன்னொரு கோப்பைத் தேத்தண்ணி ஊற்றுவேன்.