றமீஸ் காக்காவின் தமிழ் முகவரி

விடியற்காலைத் தொழுகை முடிந்த கையோடு பள்ளிவாசல் ஒலிபெருக்கி றமீஸ் காக்காவின் பெயரைச் சொன்னது. நற்பிட்டிமுனையில் எங்கள் வீட்டு வாசலில் நின்று கேட்டேன். யாரும் இறந்து ஜனாஸா அறிவித்தல் வந்தால், உடனே காக்காவும் நானும் நடத்திய ஊர் இணையத்தளத்தில் போடுவது என் வேலை. அன்று கை ஓடவில்லை.

கல்முனையில் அவருடைய இன்டர்நெட் கடையை உங்களில் பலருக்குத் தெரியும். தளம் பிறந்த கதை தெரியாமல் இருக்கலாம். சுனாமியில் அவருடைய அக்கா, ராத்தா மௌத்தான செய்தி, கட்டாரில் வேலை செய்த ராத்தாவின் கணவரான மச்சானுக்குப் பல நாள் கழித்தே போய்ச் சேர்ந்தது. மச்சானுக்கு இங்கிலீஷ் எழுத்துக் கூட்டவும் வராது. "தமிழ் மட்டும் தெரிஞ்சவன் தமிழில அடிச்சா ஊர்ச் செய்தி வரணும் தம்பி" என்று பிடிவாதமாக நின்று, தளத்தின் முகவரியையே தமிழில் பதிந்தார்.

தமிழ் முகவரி வலையில் அப்படியே போகாது. இங்கிலீஷ் எழுத்தும் இலக்கமும் கலந்த நீண்ட கோவையாக மாறித்தான் போகும். வாசிப்பவரின் திரையில் மறுபடி தமிழாகும். யுத்தம் முடியும் தறுவாயில் சிவில் உடுப்பில் கடைக்கு வந்த இருவருக்கு அது தெரியாது. அந்தக் கோவையை ஒரு தாளில் அச்சடித்து வைத்திருந்தார்கள்.

"இது ஆருக்கு அனுப்புற ரகசியம்?"

காக்கா விளக்கப் பார்த்தார். அவர்கள் காதில் வாங்கவில்லை. "கூட ஆர்?" என்றார்கள்.

பக்கத்துக் கணினியில் நான் இருந்தேன். என் அடையாள அட்டையில் இருப்பது தமிழ்ப் பெயர். அந்த நாட்களில் புலி என்று பிடித்துப்போக அதுவே போதும் என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை.

"நான் ஒருத்தன்தான்" என்றவர், என் முகத்தைப் பார்க்காமல், "தம்பி, உங்கட நேரம் முடிஞ்சி. எழும்புங்க" என்றார்.

கடைக்கு வந்த யாரோ ஒருவனைப் போல எழுந்து நடந்தேன். பின்னால் வேன் கதவு சாத்தும் சத்தம் கேட்டது.

சில வாரங்களில் திரும்பி வந்தார். ஒரு காது கேட்கவில்லை. வந்ததும் என்னிடம் முதலில் கேட்டது இதைத்தான்.

"அட்ரஸ் வேல செய்யுதா?"

"ஓம் காக்கா. இங்கிலீஷுக்கு மாத்திருவம்."

"அப்ப மச்சான் எங்க போய்த் தேடுற?"

எனக்குக் கோபமே வந்தது. மனிசன் பாதியாகி வந்து முகவரியைப் பற்றிக் கேட்கிறாரே!

காக்காவை அடக்கம் செய்த நாளிலிருந்து கடைக்கு எதிரே முன்பின் தெரியாத மோட்டார் சைக்கிள் ஒன்று வந்து நிற்கிறது. காக்காவின் பெயரில் பதிந்த முகவரியை வேறொருவர் பொறுப்பேற்காவிட்டால் அது இல்லாமல் போய்விடும். அவர் விட்டுப்போனதில் நான் எடுத்துக்கொள்வது அந்த முகவரியைத்தான். பதிவுப் படிவத்தில் உரிமையாளர் பெயர் கேட்ட இடத்தில் என் முழுப் பெயரையும் ஊரையும் அடித்தேன். பயமாகத்தான் இருக்கிறது. இனி வருகிறவர்கள் என்னைத்தான் தேடி வருவார்கள்.