வாணக்கட்டுப் பரீதா ராத்தா

மீனைக் கொட்டுவதற்கு முன்னால் சித்தி பரீதா சீமெந்துக் கட்டின் மேல் உள்ளங்கையை வைத்துப் பார்ப்பாள். காய்ச்சல்காரப் பிள்ளையின் நெற்றியைத் தொட்டுப் பார்க்கிற மாதிரித்தான். கை சுட்டால் கூடை இறங்கும். சுடாவிட்டால், "இன்னம் முழிக்கல்ல, கொஞ்சம் பொறுங்ககா" என்று மற்றப் பெண்களையும் மறித்துவிடுவாள். அவர்களும் தலையில் கூடையும் வாயில் முணுமுணுப்புமாக நிற்பார்கள். அவள் சொல்லாமல் அந்தக் கட்டில் ஒரு நெத்தலியும் விழாது.

இறக்கக்கண்டிக் கடற்கரையில், அலை ஏறாத மேட்டில், ஒரு கலியாணப் பந்தலின் அகலத்துக்குக் கிடக்கிறது அந்தக் கட்டு. ஊரார் அதை வாணக்கட்டு என்பார்கள். யுத்த காலத்தில் யப்பான்காரன் திருகோணமலையில் குண்டு போட்டுவிட்டுப் போன பிறகு, மறுபடி வந்தால் வானத்தில் வைத்தே அடிப்பதற்கென்று வெள்ளைக்காரன் கட்டியதாம். அதன்மேல் இரும்புச் சட்டங்களை நிறுத்தி, வாணம் என்று ஊரார் சொல்லும் ராக்கெட்டுகளை வரிசையாகப் பூட்டிக் கடலுக்கு மேலே விடுவார்கள். யப்பான்காரன் அந்தப் பக்கம் திரும்பியும் பார்க்கவில்லை. ஆனாலும் கைப்பழக்கம் விட்டுப்போகக் கூடாதென்று அடிக்கடி விட்டுப் பார்த்துக்கொண்டார்கள். அன்றைக்கெல்லாம் தோணி இறக்கக் கூடாது, கரைவலை போடக் கூடாது. எதிரி ஒருவனும் அந்தக் கட்டினால் சாகவில்லை. மீன்கள்தான் பிழைத்துக்கொண்டன.

"யப்பான்காரனுக்கு எண்டு கட்டினவன். கடைசியில எங்கட கீரிமீனுக்குத்தான் உதவிச்சு" என்பாள் சித்தி பரீதா.

இந்தச் சரித்திரமெல்லாம் அவளுக்குப் புருஷன் முஹம்மது தம்பி வாய்வழி வந்தது. கட்டுக் கட்டும்போது கல் சுமந்த கூலியாட்களில் முஹம்மது தம்பியும் ஒருவன். பிறகு, வெள்ளைக்காரன் துறைமுகத்தை ஒப்படைத்துவிட்டுக் கப்பலேறிய வருஷம், இரும்புச் சட்டங்களைக் கழற்றி லொறியில் ஏற்றியபோதும் கூலிக்கு நின்றான். சட்டங்கள் போயின. சீமெந்தை யாராலும் தூக்க முடியவில்லை. சட்டம் பூட்டியிருந்த ஆணிகள் மட்டும் கட்டு நெடுக நீட்டிக்கொண்டு நின்றன. ஊருக்கு அது வசதியாகப் போயிற்று. கலியாணத்துக்குச் சோறாக்கக் கிடாரம் வைத்தார்கள், வலை காயப்போட்டார்கள். அறுபத்துநாலாம் ஆண்டுப் புயலில் கடல் ஊருக்குள் வந்தபோது, பாதி ஊர் அதன்மேல் ஏறி நின்றுதான் உயிர் பிழைத்தது. அந்தப் புயலில் கடலுக்குப் போயிருந்த முஹம்மது தம்பி திரும்பி வரவில்லை.

சித்தி பரீதா கட்டுக்கு வந்தது அதற்குப் பிறகுதான். மணலில் காய்ந்த கருவாட்டைத் தின்றவர்களுக்குத் தெரியும், எத்தனை தண்ணீரில் அலசினாலும் கடைசிக் கவளத்தில் பல்லில் நறநறவென்று கடிபடும். கட்டில் காய்ந்ததில் ஒரு பருக்கை மணல் இராது. இறக்கக்கண்டிக் கருவாடு என்றால் சந்தையில் தனி மதிப்பு வந்தது இப்படித்தான். மற்றப் பெண்களும் கூடையோடு வந்தார்கள், கூடவே சண்டையும் வந்தது. ஆணிக்கு ஆணி ஒரு பங்கு என்று பிரித்துக் கொடுத்துச் சண்டையைத் தீர்த்தவள் அவள்தான். நிலாவெளிப் பக்கத்திலிருந்து வரும் கோணேஸ்வரிக்கும் அதில் ஒரு பங்கு உண்டு. வீட்டில் நோயாளி இருப்பவளுக்கு வெயில் முதலில் விழும் பங்கு. ஊருக்கே ராத்தாவும் அக்காவும் ஆகிவிட்ட அவள் தீர்ப்பை ஒருவரும் தட்டியதில்லை. அந்த வாய்க்கு அப்படி ஒரு மரியாதை.

வாய் பெரிதுதான், ஆனால் கெட்ட வார்த்தை வராது. எல்லாருக்கும் "நீங்க"தான். கருவாட்டுக்கு வரும் காகத்தையும் "போங்க வாப்பா, வேற வீடு பாருங்க" என்றுதான் கலைப்பாள். காகங்களுக்கு மரியாதை விளங்காது. கடைசியில் அவள் செருப்பைக் கழற்றி எறிவாள். எறியும்போதும் "நீங்க"தான்.

கட்டின் ஒரு மூலை மட்டும், கடற்பக்கத்து மூலை, எப்போதும் வெறுமையாகக் கிடக்கும். வெடிப்புகளில் புல் முளைத்து ஆட்டுக்கும் மாட்டுக்கும் ஆசை காட்டும். அந்தப் பக்கம் போகும் ஆட்டையும் ஓடிப்போய்ப் பிடித்து வருவார்கள்.

அந்த மூலையின் கதை இது. புயலுக்கு அடுத்த வருஷம் பழைய இரும்பு வாங்குகிறவன் ஒருவன் ஆட்களோடும் கல்லுடைக்கிற அலவாங்குகளோடும் வந்து இறங்கினான். கட்டை உடைத்து உள்ளே கிடக்கும் கம்பிகளை எடுக்கப் போகிறானாம். ஆம்பிளைகள் கடலில். சித்தி பரீதா தனியாக நின்று யோசித்தாள். பிறகு சாவதானமாகச் சொன்னாள்: "உடைங்க தம்பி, தாராளமா உடைங்க. அந்த மூலையில மட்டும் கொஞ்சம் பாத்து அடிங்க. வெடிக்காத வாணம் ஒண்ட வெள்ளக்காரன் அதுக்குள்ள பொதைச்சவன். எங்கட வீட்டுக்காரர் கண்ணால கண்டவர்."

அலவாங்கு ஒன்றை மறந்து விட்டுவிட்டே ஓடினார்கள். பொய் சொன்ன வாய்க்குப் போசனம் கிடையாது என்பார்கள். சித்தி பரீதாவின் பொய்யோ ஊரில் பாதி வீட்டு அடுப்பை எரித்தது. அதன்பிறகு அந்தப் பொய்யை அவள் வளர்த்த விதம் இருக்கிறதே, பெற்ற பிள்ளையைக்கூட அப்படிப் பார்த்து வளர்த்திருக்க மாட்டாள். மழைக்காலத்தில் அந்த மூலையில் ஆவி வருகிறது என்பாள். இடி இடித்தால், "அது கேட்டுக்கொண்டு படுத்திருக்கு" என்பாள்.

உண்மை தெரிந்தவள் மகள் அசனா ஒருத்திதான். அவளுக்கும் ஒரு விஷயம் விளங்கவில்லை.

"பொய் சொன்னது நீங்கதானே உம்மா. பிறகு நீங்களும் ஏன் அந்த மூலையைச் சுத்திப் போறீங்க?"

"பொய்தான் புள்ள" என்றாள் சித்தி பரீதா. கொஞ்ச நேரம் மீனைப் புரட்டினாள். "எண்டாலும் வெள்ளக்காரன நம்பேலாது. அவன் என்னத்த விட்டிட்டுப் போனான் எண்டு உங்கட வாப்பாக்கிட்ட நான் ஒழுங்காக் கேக்கவும் இல்ல."

இப்படியே காலம் போயிருக்கும். நிலாவெளியில் ஹோட்டல்கள் எழும்பத் தொடங்கின. போன பங்குனியில் ஜவாஹிர் என்ற கட்டட வேலைக் கொந்தராத்துக்காரர் டவுனிலிருந்து வந்து கட்டை நீளமும் அகலமுமாக அளந்தார். புது ஹோட்டலுக்கு வரும் உல்லாசப் பயணிகள் படுத்து வெயில் காய்வதற்கு இந்தக் கட்டைச் செப்பனிட்டு மேலே பளிங்குக் கல் பதிக்கப் போகிறார்களாம். சித்தி பரீதாவுக்கு முதலில் சிரிப்புத்தான் வந்தது. "மீன் காயிற இடத்தில மனிசர் காயப் போகினமா? உப்பு ஆர் போடுற?" என்று கேட்டாள். ஜவாஹிர் சிரிக்கவில்லை. அளவை எழுதிக்கொண்டார். அவளும் பழைய மருந்தை எடுத்தாள்: "தம்பி, அந்த மூலையில மட்டும் கொஞ்சம் பாத்து..."

ஆனால் ஜவாஹிர் அலவாங்கைப் போட்டுவிட்டு ஓடுகிற ஆளில்லை. பொறுப்பானவர். நாளைக்கு யாராவது செத்தால் யார் பதில் சொல்வது என்று பயந்து நேரே பொலிசுக்குப் போனார். ஹோட்டல் முதலாளி குண்டு என்ற பேச்சைக் கேட்டதுமே வேறு கடற்கரை பார்க்கப் போய்விட்டார். அதுவரை வெற்றிதான். அடுத்த நாள் காலையில் கடற்படை ஜீப் வந்து நின்றது. கட்டைச் சுற்றிக் கயிறு கட்டி, கயிற்றில் சிவப்புத் துணி தொங்கவிட்டார்கள். நுணலும் தன் வாயால் கெடும் என்று சும்மாவா சொன்னார்கள்?

அன்றைக்கென்று கரைவலையில் கீரிமீன் மலைபோல ஏறியிருந்தது. கூடைகளோடு வந்த பெண்கள் கயிற்றுக்கு வெளியே நின்றார்கள். ஊர் விதானையார் யோகலிங்கம் கடற்படை அதிகாரியின் சிங்களத்தைத் தமிழாக்கிச் சொன்னார்.

"கொழும்பிலயிருந்து ஆக்கள் வருவினமாம். முழுக் கட்டையும் உடைச்சுத் தோண்டிப் பாக்க வேணுமாம். அதுவரைக்கும் ஒருத்தரும் கிட்ட வரக் கூடாது."

முழுக் கட்டையும். சித்தி பரீதா வாயைத் திறந்தால் கட்டு தப்பும். ஆனால் இவ்வளவு காலமும் பங்கு பிரித்த வாய், சண்டை தீர்த்த வாய், பொய்யும் சொல்லும் என்று தெரிந்துவிட்டால் நாளைக்கு அவள் பேச்சை யார் கேட்பார்கள்? வாயை மூடிக்கொண்டிருந்தால் கேட்பதற்கு ஆள் இருக்கும், மீன் காய இடம் இராது. வெயில் ஏறிக்கொண்டிருந்தது. கூடைகளின் மேல் ஈ மொய்க்கத் தொடங்கிவிட்டது.

"விதானையார்" என்றாள். "அங்க ஒண்டுமில்ல. நான் சும்மா சொன்னனான்."

கோணேஸ்வரி கூடையை மணலில் இறக்கி வைத்தாள்.

"அக்கா! அந்த மூலைக்குப் போறாங்கள் எண்டு என்ர பிள்ளையள நான் எத்தின அடி அடிச்சிருப்பன்!"

"நான் என்ன செய்யிற கோணேஸ்? அண்டைக்கு அவங்கள் உடைச்சிருந்தா நீங்களும் மணல்லதான் காயப்போட்டிருப்பீங்க."

பெண்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள். அந்தப் பார்வை சித்தி பரீதாவுக்கு அடியைவிட வலித்தது. விதானையார் அதிகாரியிடம் சொன்னார். அதிகாரி நம்பாமல் தலையை ஆட்டினார்.

"அக்கா, அவர் கேக்கிறார், இவ்வளவு காலமும் இருக்கு எண்டு சொன்ன மனிசி இப்ப இல்லை எண்டா எதை நம்பிறது எண்டு. அப்ப சொன்னது பொய்யா, இப்ப சொல்றது பொய்யா?"

நியாயமான கேள்வி. சித்தி பரீதா முக்காட்டை இழுத்துச் செருகினாள். குனிந்தாள். கயிற்றுக்குக் கீழால் நுழைந்துவிட்டாள். அதிகாரி கத்தினார், விதானையார் "அக்கா, வேண்டாம், வாங்கோ!" என்று கையை நீட்டினார். அவள் கட்டின் மேல் ஏறி ஆணிகளைத் தாண்டி நேரே கடற்பக்கம் நடந்தாள்.

மூலைக்குக் கொஞ்சம் இந்தப் பக்கம் நின்றாள். புல்லைப் பார்த்தாள். பிறகு திரும்பி விறுவிறுவென்று வந்து, கயிற்றுக்கு அந்தப் பக்கம் நின்ற மகளிடம் இரண்டு கையையும் நீட்டிக் காப்புகளைக் கழற்றிக் கொடுத்தாள்.

"வச்சிருங்க மகள். உங்களுக்கு எண்டு வச்சதுதான்."

அசனாவுக்கு அழுகை பீறிட்டது. "உம்மா, நீங்கதானே பொய் எண்டு..."

சித்தி பரீதா நிற்கவில்லை. உதடு கலிமாவை முணுமுணுத்தது. கண்ணை இறுக மூடிக்கொண்டு புல்லுக்குள் ஏறி, குதிக்காலால் ஓங்கி மிதித்தாள். ஒன்றுமில்லை. இன்னொரு மிதி. ஒரு வெட்டுக்கிளி பறந்தது. பிறகு ஆத்திரம் வந்தவள் போல மிதி மிதியென்று மிதித்தாள். முஹம்மது தம்பியைக் கொண்டுபோன கடலையும், வெள்ளைக்காரனையும், இத்தனை வருஷம் சுற்றிச் சுற்றிப் போன தன் பயத்தையும் சேர்த்தே மிதித்தாள் என்றுதான் சொல்ல வேண்டும். முதலில் சிரித்தவள் கோணேஸ்வரி. பிறகு எல்லாரும் சிரித்தார்கள். அதிகாரி தொப்பியைக் கழற்றித் தலையைச் சொறிந்துவிட்டு, குனிந்து கயிற்றின் முடிச்சை அவிழ்க்கத் தொடங்கினார். பெண்கள் கூடைகளைத் தூக்கிக்கொண்டார்கள். கட்டுக்குக் கிட்ட வந்து, வழக்கம் போல நின்று, அவளைப் பார்த்தார்கள்.

சித்தி பரீதா ஒரு கண்ணைத் திறந்தாள். பிறகு மற்றதையும். நின்ற இடத்தை விட்டு அசையாமல் மகளைப் பார்த்து வெறுங்கையை நீட்டினாள்.

"காப்பத் தாங்க."